வயலின் – மூன்று பேர்

கல்யாண ரிசப்ஷனில் பந்தி முடிந்து, பீடாவைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு, மெல்லிசைக் கச்சேரியின் கடைசி வரிசையில் உட்காருகிறீர்கள். கண்ணை மூடிக் கேட்டால் முப்பது வயலின் இழைகிறது, புல்லாங்குழல் கொஞ்சுகிறது, எங்கேயோ மணி அடிக்கிறது. கண்ணைத் திறந்தால் மேடையில் ஒரே ஒரு பையன். அவன் முன்னால் கறுப்பாக ஒரு கீபோர்டு, பக்கத்தில் தண்ணீர் பாட்டில். அவ்வளவுதான்.

அந்த முப்பது வயலின்காரர்களும் எங்கே போனார்கள் என்று என்றைக்காவது யோசித்திருக்கிறீர்களா? முப்பது பேர் கதை எனக்குத் தெரியாது. மூன்று பேர் கதை தெரியும். அவர்களை அனுப்பியதில் எனக்கும் பங்கு உண்டு.

என் சித்தப்பா தாம்பரம் ரயில்வே கார் ஷெட்டில் ஃபிட்டர். பகலெல்லாம் மின்சார ரயில் பெட்டிகளுக்கு அடியில் படுத்திருப்பார். சாயந்திரம் வந்ததும் மண்ணெண்ணெய் போட்டு கிரீஸைக் கழுவி, அப்புறம் சோப்பு போட்டு, விரல்களை மோந்து பார்த்துவிட்டுத்தான் வயலினைத் தொடுவார். குரோம்பேட்டையில் ஒரு மெல்லிசைக் குழுவில் மூன்று வயலின்களில் அவருடையது ஒன்று. ஆடி மாசம் வந்தால் ஆளைப் பிடிக்க முடியாது. சேலையூர், சிட்லபாக்கம், பெருங்களத்தூர், முடிச்சூர் என்று அம்மன் கோயில் அம்மன் கோயிலாகக் கச்சேரி. சவுக்குக் கம்பத்தில் டியூப்லைட், கூம்பு ஸ்பீக்கர், ராத்திரி ஒரு மணிக்குத் தூக்கக் கலக்கத்தில் நான்.

1986-ல் 'புன்னகை மன்னன்' வந்தது. படத்தின் தீம் மியூசிக் ஊரையே ஆட்டியது. 'கம்ப்யூட்டர்ல போட்டதாம்ல!' என்று டீக்கடையில் பேசிக்கொண்டார்கள். அந்தக் காலத்தில் கம்ப்யூட்டரை நேரில் பார்த்தவர் எங்கள் தெருவில் யாரும் கிடையாது. இந்தியப் படங்களில் சீக்வென்ஸர் என்ற கருவியை முதன்முதலில் பயன்படுத்திய படங்களில் அது ஒன்று என்பதெல்லாம் நான் பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்டது. சுரங்களை வரிசையாகச் சொல்லி வைத்துவிட்டால், அது பிசகாமல், மூச்சு வாங்காமல், சம்பளம் கேட்காமல் வாசித்துக்கொண்டே இருக்கும்.

எங்கள் குழுவின் தலைவரை எல்லோரும் மாஸ்டர் என்போம். அவருக்கும் ஆசை வந்துவிட்டது. பர்மா பஜாரில் காசியோ கிடைக்கும் என்றார்கள். மின்சார ரயிலின் ஒரு முனை தாம்பரம் என்றால் மறுமுனை பீச் ஸ்டேஷன், அதற்கு எதிரே பர்மா பஜார். மாஸ்டர், சித்தப்பா, நான் மூன்று பேரும் போனோம். பேரம் பேசி வாங்கி, போர்வையில் சுற்றி, திரும்பி வரும்போது சித்தப்பா மடியில் வைத்துக்கொண்டார். மாம்பலத்தில் ஏறிய ஒருவர், "என்ன சார், குழந்தை தூங்குதா?" என்று கேட்டார். "ஆமா சார், முழிச்சா அழும்" என்றார் சித்தப்பா.

அந்தக் குழந்தையால் ஆபத்து ஒன்றுமில்லை. காரணம் இருக்கிறது. நம் சங்கீதத்தில் ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிக்கொண்டு போக வேண்டும். வயலினில் விரலை இழுத்தால் போதும். கீபோர்டோ மாடிப்படி மாதிரி. இந்தப் படியில் நிற்கலாம், அடுத்த படியில் நிற்கலாம், நடுவில் நிற்க முடியாது. எங்கள் சின்ன காசியோவுக்கு மணி அடிக்கத் தெரியும், அக்கார்டியன் மாதிரி இரையத் தெரியும். கமகம் தெரியாது.

பெரிய சிந்தசைஸர்களில் இடது பக்கம் ஒரு சின்னச் சக்கரம் உண்டு. வலது கை வாசிக்கும்போது இடது கையால் அதை உருட்டினால் சுரம் வளையும். வெள்ளைக்காரன் தன் சங்கீதத்துக்காக யோசித்தது, நம் கமகத்துக்கும் வசதியாகப் போயிற்று. 1983-ல் மிடி என்று ஒரு பொது மொழி வந்தது. எந்த கம்பெனி கீபோர்டும் எந்த கம்பெனி கம்ப்யூட்டரோடும் பேசலாம். இதில் வேடிக்கை, மிடி சத்தத்தைக் கடத்துவதே இல்லை. எந்தக் கட்டை, எவ்வளவு அழுத்தம், எப்போது விட்டாய், இந்தக் கணக்கை மட்டும் கடத்துகிறது. ஆக, சங்கீதத்துக்குள் கணக்குப்பிள்ளை நுழைந்துவிட்டார்.

இந்தப் பயம் நமக்கு மட்டும் வந்ததில்லை. அமெரிக்காவில் ஓஹையோ மாநிலத்தில் ஆக்ரன் என்று ஓர் ஊர், டயர் தொழிற்சாலைகளுக்குப் பேர்போனது. அங்கிருந்து 1973-ல் 'டீவோ' என்று ஒரு கோஷ்டி கிளம்பியது. மனிதன் பரிணாம வளர்ச்சியில் பின்னோக்கிப் போய்க்கொண்டிருக்கிறான் என்பது அவர்கள் கட்சி. பெயரே அதிலிருந்து வந்ததுதான். தொழிற்சாலை ஆட்கள் மாதிரி ஒரே யூனிஃபார்ம், தலையில் பூந்தொட்டியைக் கவிழ்த்த மாதிரி சிவப்புத் தொப்பி, வெட்டி வெட்டி நகரும் சிந்தசைஸர் இசை. 1980-ல் வந்த 'விப் இட்' அமெரிக்கத் தரவரிசையில் 14-வது இடம் வரை போனது. அவர்கள் சிரித்துக்கொண்டே யந்திரம் மாதிரி நடித்தார்கள். லண்டனில் சிரிக்கவில்லை. 1982-ல் இசைக்கலைஞர் சங்கத்தின் லண்டன் கிளை ஒன்று, சிந்தசைஸரையே தடை செய்ய வேண்டும் என்று தீர்மானம் போட்டது. எங்கள் சோற்றில் கைவைக்கிறது என்றார்கள். தடை நடக்கவில்லை.

சோறு என்றதும் இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த வருடங்களுக்கெல்லாம் முன்பே, சென்னையில் ஆர்.கே. சேகர் என்பவர் மலையாளப் படங்களுக்கு இசை சேர்ப்பவராக வேலை பார்த்தார். 1976-ல் இறந்துபோனார். பையனுக்கு ஒன்பது வயது. அப்பா விட்டுப்போன கீபோர்டுகளையும் கருவிகளையும் அம்மா வாடகைக்கு விட்டுக் குடும்பம் நடத்தினார். பையன் பள்ளிக்கூடப் பருவத்திலேயே மற்ற இசையமைப்பாளர்களிடம் கீபோர்டு வாசிக்கப் போய்விட்டான். அந்தப் பையன்தான் ஏ.ஆர். ரஹ்மான். ஒரு வீட்டில் அடுப்பை அணைத்த அதே பெட்டி, இன்னொரு வீட்டில் அடுப்பை எரித்திருக்கிறது.

1992-ல் 'ரோஜா' வந்த பிறகு எங்கள் பக்கத்து அம்மன் கோயில்களில் நிலைமை மாறிவிட்டது. 'கேசட்ல இருக்கற சவுண்டு வரலியே!' என்று முன்வரிசையிலேயே சொல்ல ஆரம்பித்தார்கள். மாஸ்டர் நாலு வருஷம் தாக்குப்பிடித்தார். 1996-ல் முடிவு செய்துவிட்டார்: பெரிய கீபோர்டு, விலை 70,000 ரூபாய், இரண்டு வட்டிக்குக் கடன்.

நான் அப்போது பி.காம். "தம்பி, காலேஜ்ல கணக்குதானே படிக்கிறே? இது கட்டுப்படியாகுமான்னு ஒரு கணக்கு போட்டுக் குடு" என்றார் மாஸ்டர். அடேயப்பா, என்னை நம்பி ஒருவர் கேட்டுவிட்டார்! ராத்திரி கிராஃப் ஷீட்டோடு உட்கார்ந்தேன். மாதம் சராசரி நாலு கச்சேரி. ஆளுக்கு ஒரு கச்சேரிக்கு 200 ரூபாய். பெரிய கீபோர்டு வந்தால் யார் யார் தேவையில்லை? வயலின் – 3. புல்லாங்குழல் – 1. அக்கார்டியன் – 1. பாங்கோஸ் – 1. ஆக ஆறு பேர். கச்சேரிக்கு 1,200 மிச்சம், மாதம் 4,800. முதல் மாத வட்டி 1,400 போனாலும் 3,400 அசலில் கழியும். அசல் குறையக் குறைய வட்டியும் குறையும். 18 மாதத்தில் கடன் பைசல். சிவப்பு, நீலம் என்று இரண்டு கோடு போட்டு, அவை சந்திக்கிற இடத்தில் வட்டமும் போட்டுக் கொடுத்தேன். மாஸ்டர் அசந்துபோய் எனக்கு முட்டை புரோட்டா வாங்கிக் கொடுத்தார்.

அந்த மூன்று வயலினில் ஒன்று சித்தப்பா என்பது எனக்குத் தெரியாதா? தெரியாது என்றால் பொய். ஆனால் நான் பெயர் எழுதவில்லை, 'வயலின் – 3' என்று எழுதினேன். அப்படி எழுதினால் அது கணக்கு. சித்தப்பா பெயரை எழுதியிருந்தால் பேனா நின்றிருக்கும்.

ஒரு மாதம் கழித்து வீட்டுக்கு வந்தார். சித்தி கொடுத்தனுப்பிய முறுக்கு டப்பாவை அம்மாவிடம் கொடுத்துவிட்டு, என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"கணக்கு நீ போட்டதாமே?"

நான் தரையைப் பார்த்தேன்.

"மாஸ்டர் காட்டினாரு. கூட்டல் எல்லாம் சரியாத்தான் இருக்கு" என்றார். அவ்வளவுதான். திட்டியிருந்தால் தேவலை.

சித்தப்பாவுக்கு ரயில்வே சம்பளம் இருந்தது. வயலின் பரணுக்குப் போனதோடு சரி. புல்லாங்குழல்காரருக்கு வேறு வேலை கிடையாது. இரண்டு வருஷம் கழித்து அவரைப் பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தையில் பார்த்தேன். தார்ப்பாயை விரித்து, பழைய ஃபேன், மிக்ஸி மூடி, ரேடியோ என்று வைத்து விற்றுக்கொண்டிருந்தார். "வாப்பா, நல்லாருக்கியா?" என்றார். அந்தச் சாமான்களுக்கு நடுவில் புல்லாங்குழல் இருக்கிறதா என்று என் கண் தேடியது. இல்லை. விற்றுவிட்டாரா, விற்க மனசு வரவில்லையா? கேட்க எனக்குத் தைரியம் இல்லை.

கதை இங்கேயே முடிந்திருந்தால் இதை எழுதியிருக்க மாட்டேன்.

கீபோர்டு வந்த மூன்றாவது மாசம், அதை வாசிக்கிற பையன் சித்தப்பா வீட்டு வாசலில் வந்து நின்றான். இருபது வயசு இருக்கும். "அண்ணே, வயலின் டோன்தான் போடறேன். சக்கரத்தையும் உருட்டறேன். ஆனா வயலின் மாதிரி இல்லைன்னு மாஸ்டர் சத்தம் போடறாரு." உள்ளே இருந்த எனக்கு, சித்தப்பா அவனைத் துரத்திவிட்டால் நன்றாக இருக்கும் என்று தோன்றியது. அவர் பரணில் ஏறி வயலினை இறக்கினார்.

"இங்க பாரு. வில்லுக்கு ஒரு நீளம்தான். இந்தக் கடைசிக்கு வந்ததும் திருப்பியாகணும். திருப்பற எடத்துல துளி சத்தம் மங்கும். அதான் மூச்சு. உன் பொட்டியில வில்லு முடியவே மாட்டேங்குது. அழுத்தினா அழுத்தின எடத்துல அப்படியே நிக்குது. எங்க மூச்சு விடணுமோ அங்க கைய எடு."

இரண்டு வாரம், தினம் சாயந்திரம் சொல்லிக்கொடுத்தார். தட்சணை ஒரு சீப்பு வாழைப்பழம். அந்த வருஷம் சிட்லபாக்கம் கச்சேரியில் கீபோர்டு வயலின் மூச்சு விட்டது. ஜனம் பையனுக்குக் கைதட்டியது. கடைசி வரிசையில் சித்தப்பாவின் இடது கை விரல்கள் முழங்கால் மேல் தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தன. என் கிராஃப் ஷீட்டில் இதற்கு ஒரு கட்டம்கூட இல்லை. மூன்று பேரைக் கழித்தேனே, அவர்கள் கைக்குள் இருந்த விஷயத்துக்கு என்ன விலை போட்டேன்? பூஜ்யம்.

யந்திரத்தைக் கையில் எடுத்த பெரியவர்களுக்கு இது தெரிந்தே இருந்திருக்கிறது. கீபோர்டோடு வளர்ந்த ரஹ்மான், 2008-ல் இசைக் கல்லூரி தொடங்கி, வசதியில்லாத பிள்ளைகளுக்கு வயலினும் செல்லோவும் கற்றுத்தந்து ஓர் ஆர்கெஸ்ட்ராவே உருவாக்கினார். இளையராஜா 2025 மார்ச் 8 அன்று லண்டனில், ராயல் ஃபில்ஹார்மோனிக்கின் ரத்தமும் சதையுமான கலைஞர்களை வைத்துத் தன் சிம்பொனியை அரங்கேற்றினார்.

இப்போது செயற்கை நுண்ணறிவு வந்திருக்கிறது. 2024-ல் 'லால் சலாம்' படத்துக்காக, மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, ஷாகுல் ஹமீது இருவரின் குரல்களையும் ரஹ்மான் அதை வைத்து மீட்டுப் பாட வைத்தார். இது தகுமா என்று பெரிய வாக்குவாதம் நடந்தது. குடும்பத்தாரிடம் அனுமதி வாங்கி, உரிய ஊதியமும் அனுப்பினோம் என்றார் அவர். தகுமா, தகாதா என்பதில் நீங்கள் எந்தக் கட்சியாகவும் இருங்கள். எனக்கு அந்த 'ஊதியம்' என்ற வார்த்தையில் கண் நின்றது. அப்பாவின் பெட்டிகளை வாடகைக்கு விட்டுச் சாப்பிட்ட வீட்டுப் பிள்ளைக்கு, குரலுக்கும் ஒரு வாடகை உண்டு என்று தோன்றியிருக்கிறது.

யந்திரம் வரத்தான் செய்யும். உங்கள் ஆபீஸுக்கும் வந்திருக்கும், என் ஆபீஸுக்கும் வந்துவிட்டது. என்றைக்காவது உங்களிடமும் ஒரு மாஸ்டர் வந்து, 'யாரெல்லாம் தேவையில்லை, ஒரு கணக்கு போட்டுக் குடு' என்பார். போடுங்கள், வேறு வழியில்லை. ஆனால் எண்ணிக்கையாக எழுதாதீர்கள், பெயர் பெயராக எழுதுங்கள். பக்கத்தில், அவருக்கு மட்டும் தெரிந்த விஷயம் என்ன என்றும் ஒரு கட்டம் போடுங்கள். கூட்டல் கொஞ்சம் மாறி வரலாம்.

அடுத்த முறை ரிசப்ஷனில் அந்தப் பையன் கீபோர்டில் வயலின் வாசிக்கும்போது காதைத் தீட்டிக்கொண்டு கேளுங்கள். நடுவில் துளி மூச்சு விட்டானென்றால் பலமாகக் கைதட்டுங்கள். அவனுக்கு யாரோ ஒரு சித்தப்பா சொல்லிக்கொடுத்திருக்கிறார்.