பேகூர்க் கல்லும் பெங்களூரின் வயதும்

பெங்களூருக்கு வயது என்ன என்று கேட்டால் பலரும் 1537இலிருந்து கணக்குச் சொல்வார்கள். கெம்பே கௌடர் மண்கோட்டை எழுப்பிய ஆண்டு அது. அதற்கும் முன்னே போக விரும்புகிறவர்களிடம் ஒரு கதை இருக்கிறது. வேட்டைக்குப் போன ஹொய்சள மன்னன் இரண்டாம் வீர வல்லாளன் வழி தவறிப் பசியோடு அலைந்தான். ஒரு கிழவி அவித்த பயறு கொடுத்துப் பசியாற்றினாள். அந்த நன்றியில் ஊருக்கு அவித்த பயற்றின் பேரிலேயே பெயர் வந்ததாம்.

பசித்தவனுக்குச் சோறிட்டவளால் ஊர் பெயர் பெற்றது என்பது சொல்லவும் கேட்கவும் இனிமையானதுதான். ஆனால் இரண்டாம் வீர வல்லாளன் அரியணை ஏறியது 1173இல். அதற்கு ஏறக்குறைய 280 ஆண்டுகள் முன்பே ஊரின் பெயரைக் கல்லில் வெட்டி வைத்துவிட்டார்கள்.

அந்தக் கல் தெற்குப் பெங்களூரில், பேகூர் பஞ்சலிங்கேஸ்வரர் கோயிலில் இருக்கிறது. ஐந்து லிங்கங்களுக்கு ஐந்து சன்னதிகள். அவற்றுள் இரண்டு மேலைக் கங்கர் காலத்தவை. மற்றவை சோழர் காலத்தில் சேர்ந்தவை என்பர். ஏறத்தாழ கி.பி. 890ஐச் சேர்ந்த பழங்கன்னடக் கல்வெட்டு ஒன்றை இங்கே மைசூர் தொல்லியல் துறையின் தலைவராக இருந்த ஆர். நரசிம்மாச்சார் கண்டறிந்தார். கங்கர்களின் படைத்தலைவன் நாகத்தரனைச் சேர்ந்தவர்கள் ‘பெங்களூருப் போரில்’ மாண்ட செய்தியை அது சொல்கிறது. இந்தப் பெயருக்கு இதுவரை கிடைத்துள்ள மிகப் பழைய சான்று அதுவே. இந்த நகரம் முதன்முதலாக எழுத்தில் வருவது போரில் இறந்தவர்களின் நினைவாகத்தான்.

நாகத்தரனின் கதை இன்னொரு கல்லில் தொடர்கிறது. பேகூரில் கிடைத்த அந்தப் பெரிய வீரக்கல் இப்போது கஸ்தூர்பா சாலை அரசு அருங்காட்சியகத்தில் இருக்கிறது. யானையும் குதிரையும் மோதும் போர்க்களத்தை நெருக்கமாகச் செதுக்கியிருக்கிறார்கள். கங்க மன்னன் எறெயப்பனின் ஆணைப்படி தும்பேபாடியில் வீரமகேந்திரனை எதிர்த்த நாகத்தரன், யானைகளை நெருங்கிப் போரிட்டு விழுந்தான். அவனுக்குப் பின் இருகன் என்பவனுக்கு நாகத்தரன் என்ற பட்டமும், பேகூரைத் தலைமையாகக் கொண்ட பன்னிரண்டு ஊர்களும் வழங்கப்பட்டன. நம் நடுகற்களைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இந்த மரபு அந்நியமாகத் தெரியாது.

ஒன்றைப் பழையது என்று எப்படி நம்புவது? இதே வட்டாரத்தில் பிறந்த ஒரு நூலே அதற்குப் பாடம். விமானம் கட்டும் கலையைப் பரத்வாஜ முனிவர் சொன்னதாக ‘வைமானிக சாஸ்திரம்’ என்று ஒரு சமஸ்கிருத நூல் உண்டு. ஆனேக்கல் சுப்பராய சாஸ்திரி சொல்லச் சொல்ல, 1918 முதல் 1923 வரை அதை எழுதி எடுத்தார்கள். படங்களை வரைந்தவர் எல்லப்பா என்ற பெங்களூர் வரைபடக் கலைஞர். இந்திய அறிவியல் கழகத்தின் ஆய்வாளர்கள் ஐவர் 1974இல் அதை வரிவரியாக ஆராய்ந்தார்கள். மொழி வேதகாலத்தது அல்ல, நூல் 1904க்கு முற்பட்டதாக இருக்க முடியாது, வரைந்திருக்கும் விமானங்கள் பறக்கக்கூடியவை அல்ல என்று காரணங்களோடு எழுதினார்கள்.

மொழி எந்தக் காலத்தது, எழுத்து எந்த வடிவம், சொல்லும் செய்தி வேறு சான்றுகளோடு பொருந்துகிறதா என்பவைதாம் கேள்விகள். பேகூர்க் கல் இவற்றுக்கு நின்று பதில் சொல்கிறது. பழங்கன்னட நடை, கங்கர் காலத்து எழுத்து, பிற கல்வெட்டுகளிலும் வரும் ஆட்கள். நம்பிக்கையை மட்டும் கேட்காமல் சோதனைக்கும் இடம் கொடுப்பதால்தான் அதன் சொல் வரலாறாகிறது.

தமிழர்களுக்கு இதில் தனிப் பங்கும் உண்டு. மடிவாளா சோமேஸ்வரர் கோயில் வெளிச்சுவரில் 1247ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு இருக்கிறது. வெப்பூர்க்காரர் ஒருவர் வெங்காலூர்ப் பெரிய ஏரியின் கீழ் நிலம் கொடுத்ததை அது பதிவு செய்கிறது. வெப்பூர்தான் இன்றைய பேகூர். கன்னடக் கல்லும் தமிழ்ச் சுவரும் ஒரே வட்டாரத்துக்குச் சாட்சி சொல்கின்றன.

இந்தச் சாட்சியை வாங்கப் பொறுமை வேண்டும். கல்லைக் கழுவி, நனைத்த தாளை ஒட்டி, எழுத்துப் பள்ளங்களில் தாள் இறங்கும்வரை தூரிகையால் தட்டுவார்கள். பிறகு மேலே மை ஒற்றினால் கல் கறுப்பாகவும் எழுத்து வெள்ளையாகவும் வரும். அதுதான் மைப்படி. இன்று பெங்களூர் மிதிக் சொசைட்டி கல்வெட்டுகளை முப்பரிமாணத்தில் ஸ்கேன் செய்கிறது. தேய்ந்து கண்ணுக்குத் தப்பிய எழுத்தும் அதில் தெளிகிறது. புதிய கற்களும் கிடைக்கின்றன. 2018இல் பெங்களூரின் ஹெப்பாளில் கிடைத்த கிட்டய்யா வீரக்கல் ஏறத்தாழ கி.பி. 750ஐச் சேர்ந்தது. இத்தனை நெரிசலான நகரத்தில் இன்னும் எத்தனை கற்கள் மண்ணுக்குள் இருக்கக்கூடும்!

அரசும் அறிஞர்களும் மட்டும் பார்த்துக்கொள்ளும் வேலை அல்ல இது. கோயில் திருப்பணியின்போது எழுத்துள்ள சுவரில் பெயின்ட் பூச வேண்டாம். மணல் வீசித் துடைக்க வேண்டாம். அஸ்திவாரம் தோண்டும்போது எழுத்தோடு ஒரு பலகைக்கல் தட்டுப்பட்டால், உடைத்து நிரவுவதற்கு முன் தொல்லியல் துறைக்குச் சொல்லுங்கள். பயற்றுக் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லும் வீடுகள், ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்களைப் பேகூருக்கும் கூட்டிப்போகட்டும்.