மூர்த்தி சிறிது, கீர்த்தி பெரிது!

புக்காரெஸ்ட் நகரத்தில் ஓபோர் மார்க்கெட்டுக்கு யாரிடமும் வழி கேட்க வேண்டியதில்லை. மூக்கு ஒன்று இருந்தால் போதும். காய்கறிக் கடைகளையும் பாலாடைக்கட்டிக் கடைகளையும் தாண்டிக்கொண்டு, கரியடுப்பின் புகையும் பூண்டின் மணமும் எதிர்கொண்டு வந்து உங்கள் கையைப் பிடித்து அழைத்துப் போய்விடும். போய்ச் சேருகிற இடத்தில் ஒரு நீண்ட வரிசை நிற்கும். ஆபீஸ் குமாஸ்தா, பை நிறையக் காய்கறி வாங்கிய பாட்டி, காலேஜ் மாணவன், கட்டட வேலை செய்கிறவர் எல்லோரும் அந்த வரிசையில் இருப்பார்கள். அத்தனை பேரும் கேட்பது ஒரே பண்டம்: மிச்!

‘மிச்’ என்றால் ருமேனிய பாஷையில் ‘சின்னவை’ என்று அர்த்தம். இன்னும் செல்லமாக ‘மித்தித்தெய்’ என்பார்கள். ‘குட்டியூண்டு’ என்று நாம் சொல்கிறோமே, அந்த மாதிரி. கொத்திய இறைச்சியைப் பூண்டும் மிளகும் சேர்த்துப் பிசைந்து, இரண்டு விரலைச் சேர்த்த பருமனுக்கு உருட்டி, கரி நெருப்பில் வாட்டி எடுத்தால் அதுதான் மிச். அங்கே அதை எடை சொல்லி வாங்குவதில்லை. எண்ணிக்கை சொல்லித்தான் வாங்குகிறார்கள். ‘ஐந்து மிச்’, ‘பத்து மிச்’ என்று கேட்டால், ஓர் அட்டைத் தட்டில் சுடச்சுட வைத்து, பக்கத்தில் கடுகு விழுதும் ரொட்டித் துண்டும் தருவார்கள். கடுகு சிறுத்தாலும் காரம் குறையாது என்பதை அந்த விழுதைத் தொட்டு நாக்கில் வைத்தவுடனே தெரிந்துகொள்ளலாம்.

சைவச் சமையல் செய்யும் சகோதரிகள், “இது நமக்கல்ல” என்று பக்கத்தைத் திருப்பிவிட வேண்டாம். உங்களுக்கும் கடைசியில் ஒரு சமாசாரம் வைத்திருக்கிறேன்.

தோல் தீர்ந்த இரவு

புக்காரெஸ்டின் பழைய நகரத்தில் கோவாச் தெரு என்று ஒரு குறுகலான தெரு உண்டு. நம் ஊர்ப் பழக்கப்படி சொன்னால் ‘கொல்லர் தெரு’. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அந்தத் தெருவில் யோர்தாக்கே என்பவருடைய சாப்பாட்டு விடுதி கொடிகட்டிப் பறந்தது. அந்த விடுதியில் ஸாஸேஜ் பிரசித்தம். சுத்தம் செய்த குடல்தோலுக்குள் கொத்திய இறைச்சியை அடைத்துச் செய்வது ஸாஸேஜ். ஒரு நாள் இரவு கூட்டமோ கூட்டம், குடல்தோல் தீர்ந்துபோய்விட்டது. வந்தவர்களைப் பசியோடு திருப்பி அனுப்பலாமா? சமையற்காரர் யோசித்தார். தோல் இல்லாவிட்டால் போகட்டும் என்று இறைச்சியை அப்படியே உருட்டி நெருப்பில் போட்டார். வந்தவர்கள் ருசி பார்த்தார்கள். அப்புறம் ஸாஸேஜைக் கேட்பதையே விட்டுவிட்டார்கள்.

ருமேனியர்கள் சொல்லிச் சொல்லி மகிழும் கதை இது. ஆனால் அக்கம்பக்கத்து நாடுகளுக்குப் போனால் மிச்சின் உறவுக்காரர்களை வழியெல்லாம் சந்திக்கலாம். துருக்கியில் ‘கொஃப்தே’, பல்கேரியாவில் ‘கெபாப்சே’, செர்பியாவிலும் போஸ்னியாவிலும் ‘செவாப்பி’. புக்காரெஸ்ட் அடங்கிய வலாக்கியா சீமை பல நூற்றாண்டுகள் துருக்கி சுல்தானுக்குக் கப்பம் கட்டி வந்தது. ருமேனியா சுதந்திரப் பிரகடனம் செய்தது 1877-ஆம் ஆண்டில். சுல்தானின் அதிகாரம் போய்விட்டது; அடுப்பு மட்டும் தங்கிவிட்டது!

‘மித்தித்தெய்’ என்று பெயர் வைத்தவர் ஓராஷானு என்ற ஹாஸ்யப் பத்திரிகாசிரியர் என்று சொல்கிறார்கள். சாப்பிட்ட பாக்கிக்குப் பதிலாகப் பெயரைக் கொடுத்துவிட்டு வந்தாரோ என்னவோ! எங்கள் தொழிலில் உள்ளவர்களைப் பற்றி எனக்குத் தெரியாதா?

வீட்டு மிச்

கடை மிச் எவ்வளவு பிரமாதமாக இருந்தாலும் வீட்டு மிச்சுக்குள்ள மதிப்பே தனி. புக்காரெஸ்டில் ஒரு குடும்பத்தார் உங்களை ஞாயிற்றுக்கிழமை விருந்துக்கு அழைத்தால், வீட்டு அம்மாளுக்கு வேலை வெள்ளிக்கிழமையே ஆரம்பமாகிவிடும். முதல் காரியம் எலும்புச் சாறு. எலும்பைத் தண்ணீரில் போட்டு மெல்லிய தீயில் மூன்று நான்கு மணி நேரம் கொதிக்கவிட்டு, வடிகட்டி, நன்றாக ஆறவைக்க வேண்டும். இறைச்சிக்கும் உயர்ந்த பாகம் தேவையில்லை. மாட்டின் கழுத்துப் பகுதிதான் வழக்கம். கொஞ்சம் ஆட்டிறைச்சியோ பன்றியிறைச்சியோ கூடச் சேர்ப்பார்கள். மலிவான பாகத்தை மெதுவானதாக்கும் வித்தைதான் இந்தப் பண்டத்தின் ரகசியம். மாட்டிறைச்சி சேர்க்காதவர்கள் ஆட்டிறைச்சியிலேயே செய்து பார்க்கலாம். கொழுப்பு மட்டும் ஐந்தில் ஒரு பங்காவது இருக்கட்டும். அது குறைந்தால் மிச் விறகுக்கட்டையாகிவிடும்.

ஒரு கிலோ இறைச்சிக்குக் கணக்கு இது. எலும்புச் சாறு 250 மில்லி. பூண்டு ஒரு முழுசு. எட்டுப் பத்துப் பல்லை உப்புடன் சேர்த்து விழுதாக நசுக்கிக்கொள்ளுங்கள். உப்பு மொத்தம் மூன்று டீஸ்பூன், மிளகுத் தூள் ஒன்றரை டீஸ்பூன், கொத்துமல்லி விதைத் தூள் ஒரு டீஸ்பூன், ‘தைம்’ என்ற செடியின் உலர்ந்த இலை இரண்டு டீஸ்பூன். இந்தத் தைம் நமக்கு அந்நியமல்ல. ஓமத்துக்கு அதன் வாசனையைக் கொடுக்கிற தைமால் என்ற பொருள்தான் இதிலும் இருக்கிறது. தைம் கிடைக்காவிட்டால் கால் டீஸ்பூன் ஓமத்தை நுணுக்கிப் போடுங்கள். உறவின் முறை விட்டுப்போகாது.

இனி முக்கியமான சரக்கு: ஆப்ப சோடா, தலை தட்டி ஒன்றரை டீஸ்பூன். ஒரு கிண்ணத்தில் சோடாவைப் போட்டு, அதன்மேல் ஒரு டீஸ்பூன் எலுமிச்சம்பழச் சாறு விட்டால் ‘புஸ்’ஸென்று பொங்கும். பொங்கும்போதே இறைச்சியில் கொட்டிவிடுவார்கள்.

அப்புறம் பிசைய வேண்டும். எவ்வளவு நேரம்? அரை மணி! எலும்புச் சாற்றை ஒரேயடியாகக் கொட்டாமல், ஒவ்வொரு கரண்டியாக விட்டு, அது உள்ளே போன பிறகு அடுத்த கரண்டி. முதலில் உதிர் உதிராக இருக்கும் இறைச்சி, போகப் போகப் பசை கண்டு கையை விட்டு இறங்க மறுக்கும். அதுதான் பதம். முட்டையும் வேண்டாம், மாவும் வேண்டாம். இறைச்சியில் உள்ள புரதத்தை உப்பு இளக்கிப் பசையாக்கிவிடுகிறது. அந்தப் புரதம் தண்ணீரை விடாமல் பிடித்துக்கொள்ள சோடா உதவி செய்கிறது. நெருப்பில் போட்டாலும் சாறு வற்றாமல் இருப்பது இதனால்தான். மேல்புறம் சீக்கிரம் சிவப்பதற்கும் சோடாவே காரணம்.

பிசைந்ததை மூடி, ஓர் இரவு முழுவதும் ஐஸ் பெட்டியில் வைக்க வேண்டும். அவசரக்காரர்களுக்கு மிச் வராது. மறுநாள் கையில் தண்ணீர் தொட்டுக்கொண்டு, ஒரு சாண் நீளத்தில் பாதிக்குக் கொஞ்சம் குறைவாக, இரண்டு விரல் பருமனுக்கு உருட்டுங்கள். ஒரு கிலோ இறைச்சிக்கு 16 முதல் 18 வரை வரும்.

கரியடுப்பும் கணவரும்

கரி நன்றாகக் கனிந்து, மேலே சாம்பல் பூத்த பிறகுதான் கம்பி வலையைப் போட வேண்டும். வலையில் எண்ணெய் தடவி, மிச்சை அடுக்கி, ஒவ்வொரு பக்கமாகத் திருப்பி, பத்து நிமிஷம் போல வாட்டினால் போதும். இடுக்கியால் திருப்புங்கள். முள்கரண்டியால் குத்தினால், அரை மணி நேரம் பிசைந்து உள்ளே ஏற்றிய சாறெல்லாம் நெருப்புக்குத்தான் நைவேத்தியம்! ஒன்றைப் பிட்டுப் பாருங்கள்: உள்ளே சிவப்பு மாறியிருக்க வேண்டும், ஈரம் போயிருக்கக் கூடாது.

இந்தக் கட்டத்தில் ஒரு வேடிக்கை நடக்கும். இரண்டு நாளாகச் சாறு காய்ச்சியது, பூண்டு உரித்தது, கை வலிக்கப் பிசைந்தது எல்லாம் அம்மாள். கரியடுப்பின் முன்னால் இடுக்கியும் கையுமாகத் தளபதி போல நிற்பவர் ஐயா! வந்தவர்கள், “பேஷ், பேஷ்!” என்று பாராட்டுவதும் ஐயாவைத்தான். இந்த நியாயம் எல்லாத் தேசத்துக்கும் பொது போலிருக்கிறது.

மே மாதம் முதல் தேதி ருமேனியாவுக்குப் போகிறவர்கள் இந்தத் தளபதிகளை ஆயிரக்கணக்கில் பார்க்கலாம். “பச்சைப் புல்லுக்குப் போகிறோம்” என்று சொல்லிக்கொண்டு குடும்பம் குடும்பமாக நகரத்தை விட்டுக் கிளம்புவார்கள். உல்லாசப் பயணத்துக்கு அவர்கள் பாஷையில் அதுதான் பெயர். புக்காரெஸ்டுக்கு வடக்கே உள்ள பனியாஸா காட்டின் பக்கம் அன்று புகை மண்டலம்தான். ஆண்களுக்கு மிச்சோடு பீரும் உண்டு என்பதை மறைப்பானேன்? பெண்களும் பின்தங்குவதில்லை!

எண்ணிப் பங்கிட்ட காலம்

இவ்வளவு சிறிய பண்டத்தின்மேல் இவ்வளவு பெரிய ஆசை ஏன் என்று உங்களுக்குத் தோன்றலாம். அதற்கு 1980-களின் கதையைக் கேட்க வேண்டும்.

அப்போது ருமேனியாவை ஆண்டவர் சௌஷெஸ்கு. வெளிநாட்டுக் கடனை முழுவதும் அடைத்தே தீருவது என்று அவர் கங்கணம் கட்டிக்கொண்டார். கடனை அடைக்கப் பணம் வேண்டும். பணத்துக்காக, விளைந்ததையும் வளர்ந்ததையும் கப்பலேற்றினார்கள். ரொட்டிக்கும் சர்க்கரைக்கும் எண்ணெய்க்கும் ரேஷன் வந்தது. இறைச்சிக் கடையில் இறைச்சி இல்லை. விடியுமுன்பே பெண்கள் வரிசையில் போய் நிற்பார்கள்; என்ன கிடைக்கும் என்று தெரியாமலே நிற்பார்கள். பல நாட்களில் கிடைத்தது பன்றிக் கால்தான். நல்ல சதையெல்லாம் வெளிநாட்டுக்கு ஓடிப்போய்விட, கால் மட்டும் ஊரில் நின்றுவிட்டது! விளையாட்டு வீரர்கள் போடும் பூட்ஸின் பெயரை வைத்து, அந்தக் கால்களுக்கு ‘அடிடாஸ்’ என்று பட்டம் சூட்டினார்கள் ஜனங்கள். பசியிலும் சிரிக்கத் தெரிந்தவர்கள்.

அந்த வருஷங்களில் வீட்டில் மிச் செய்வது என்றால் சாமானியமா? கிராமத்தில் உறவுக்காரர் இருந்தால் உண்டு. இல்லாவிட்டால் மே தினத்திலும், அப்போதைய தேசியத் திருநாளான ஆகஸ்டு 23-ஆம் தேதியிலும், ஊர்வலம் முடிந்த பிறகு சர்க்கார் கடைகளில் வருவதற்குக் காத்திருக்க வேண்டும். வீட்டுக்கு வந்ததைத் தலைக்கு இத்தனை என்று எண்ணித்தான் பங்கிட முடியும். எண்ணுகிற தாய் தன் பங்கை எத்தனை என்று எண்ணியிருப்பாள்? அதை நான் சொல்ல வேண்டுமா? உங்களுக்கே தெரியும்.

1989-ஆம் ஆண்டு ஏப்ரலில் கடன் அடைந்துவிட்டதாக அறிவித்தார் சௌஷெஸ்கு. அதே ஆண்டு டிசம்பரில் ஜனங்கள் கொதித்தெழுந்து அவரையே வீழ்த்திவிட்டார்கள். அன்று வரிசையில் நின்ற இளம் பெண்கள் இன்று பாட்டிமார். அவர்கள் வீட்டு விருந்தில், “இன்னும் இரண்டு போட்டுக்கொள்ளுங்கள்” என்று விடாமல் உபசரிப்பார்கள். அந்த உபசாரத்துக்குப் பின்னால் உள்ள கணக்கு இப்போது புரிகிறதல்லவா?

மிச்சுக்கு இன்னொரு கண்டமும் வந்தது. ருமேனியா 2007-ல் ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்தது. 2013-ல், ஒன்றியத்தின் விதிகளின்படி இந்த மாதிரி இறைச்சிப் பண்டத்தில் சோடா சேர்க்கக் கூடாது என்ற செய்தி கிளம்பியது. தேசமே பதறிவிட்டது! சோடா இல்லாத மிச், சுருதி இல்லாத சங்கீதம் அல்லவா? ருமேனியா விதிவிலக்குக் கேட்டது, கேட்டது கிடைத்தது. ஒன்றரை டீஸ்பூன் ஆப்ப சோடாவுக்காக ஒரு சர்க்கார் வாதாடி ஜெயித்தது!

சைவ சகோதரிகளுக்கு

இனி, வாக்குக் கொடுத்த சமாசாரம். ருமேனியர்களில் பெரும்பாலோர் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள். ஈஸ்டருக்கு முந்திய நீண்ட நோன்பிலும், புதன், வெள்ளிக்கிழமைகளிலும் நோன்பை அனுஷ்டிக்கிறவர்கள் இறைச்சி, முட்டை, பால் எதையும் தொடுவதில்லை. ஆனால் மிச்சை மறக்க முடியுமா? ‘நோன்பு மிச்’ என்றே ஒன்று உண்டு. வேகவைத்து மசித்த அவரை வகை, நறுக்கி வதக்கிய காளான், அல்லது சோயா. இவற்றோடு ரொட்டித் தூள் சேர்த்துப் பிசைந்து, அதே பூண்டு, அதே மிளகு, அதே தைம் போட்டு உருட்டி வாட்டுகிறார்கள். காராமணியை வேகவைத்து, தண்ணீர் இல்லாமல் வடித்து, இதே அளவில் மசாலாவைச் சேர்த்துத் தோசைக்கல்லில் புரட்டி எடுத்துப் பாருங்கள். இதற்கு எலும்புச் சாறும் வேண்டாம், சோடாவும் வேண்டாம். தொட்டுக்கொள்ளக் கடுகு விழுது மட்டும் அவசியம்.

எந்த மிச்சைச் செய்தாலும் ஒரு வேண்டுகோள்: பிசைந்தவரே பரிமாறிவிட்டுக் கடைசியில் உட்காரும் வழக்கத்தை அன்று ஒரு நாளாவது விட்டுவிடுங்கள். இடுக்கியை அவர் கையில் கொடுத்துவிட்டு, முதல் பந்தியிலேயே உட்காருங்கள். ஏனென்றால், பெயர்தான் மிச். தட்டில் மிச்சம் இருக்காது!