கட்டுப் பிரித்த பின் வரும் ஏழாம் எழுத்து

முன்கை எலும்பு முறிந்து கட்டுப் போட்டவர் அடுத்தடுத்து மருத்துவரைப் பார்க்க வருவார். அந்த மறுவருகைகளுக்குக் குறியீடு எழுதுவது மெடிக்கல் கோடிங்கில் நிதானம் தேவைப்படும் பகுதி. நோயாளி இருப்பது அமெரிக்காவில். அவருடைய மருத்துவக் குறிப்பைப் படித்துக் குறியீடு எழுதுபவர் அறந்தாங்கிக்காரராகவோ ஆலங்குடிக்காரராகவோ இருக்கலாம். நுண்ணுயிரியல், நர்சிங், பிசியோதெரபி படித்த புதுக்கோட்டை மாவட்டத்துப் பிள்ளைகள் திருச்சிக்கும் சென்னைக்கும் தேடிப் போகும் வேலைகளில் இது ஒன்று. கொரோனாவுக்குப் பிறகு வீட்டிலிருந்தே செய்பவர்களும் உண்டு. நோயாளியின் விவரம் வெளியே போகக்கூடாது என்பது அமெரிக்காவின் 1996ஆம் ஆண்டுச் சட்டம். அதனால் வேலை நேரத்தில் அறைக்கதவு சாத்தியிருக்கும். மேசையில் கைப்பேசியும் இருக்காது, துண்டுக் காகிதமும் இருக்காது.

ஜல்லிக்கட்டு வாடிவாசல்கள் மிகுந்த மாவட்டம் இது. கை முறிவும் மாவுக்கட்டும் இங்கே யாருக்கும் புதிதல்ல. ஆனால் அரசு மருத்துவமனைக்குக் கட்டுப் பிரிக்க வருபவருக்கு ஓ.பி. சீட்டு போதும், காசு கிடையாது. அமெரிக்காவில் ஒவ்வொரு வருகைக்கும் காப்பீட்டு நிறுவனத்திடம் பணம் கேட்டாக வேண்டும். எதற்காக வந்தார் என்பதைக் குறியீடுதான் சொல்ல வேண்டும்.

அங்கே 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருப்பது ஐ.சி.டி.-10-சி.எம். தொகுதி. முன்கை எலும்பு முறிவுக்கு உரிய பிரிவு எஸ்52. ஒரு சார்ட்டைத் திறந்தால் இப்படி இருக்கும்: வலது மணிக்கட்டில் கோலிஸ் முறிவு, தோல் கிழியவில்லை, ஆறு வாரம் ஆகிறது, எக்ஸ்ரேயில் புது எலும்பு தெரிகிறது, கட்டு பிரிக்கப்பட்டது. ஆர எலும்பின் கீழ்முனை என்பதால் எஸ்52.5, கோலிஸ் முறிவு என்பதால் அடுத்து 3, வலக்கை என்பதால் 1. இத்தனையும் சேர்ந்தும் குறியீடு முடியவில்லை. ஏழாம் இடத்தில் ‘டி’ விழுந்து எஸ்52.531டி ஆன பிறகுதான் அது செல்லும்.

வேலையின் உயிர் அந்த ஏழாம் எழுத்தில்தான் இருக்கிறது. மூடிய முறிவுக்கு முனைப்பான சிகிச்சை நடக்கும் வரை ‘ஏ’. வழக்கம்போல் கூடிவரும்போது ‘டி’. கூடுவது தாமதமானால் ‘ஜி’, கூடவே இல்லையென்றால் ‘கே’, கோணலாகக் கூடினால் ‘பி’. தோல் கிழிந்த முறிவுகளுக்கு வேறு எழுத்துகள் உண்டு. புதிதாகச் சேர்ந்தவர்கள் தடுமாறும் இடம் ‘ஏ’. முதல் வருகைக்கு ‘ஏ’, இரண்டாம் வருகைக்கு ‘டி’ என்று எண்ணிவிடுகிறார்கள். கணக்கு வருகையில் இல்லை, சிகிச்சையில் இருக்கிறது. வேறொரு மருத்துவரிடம் அறுவைக்காகப் போனால், பத்து நாள் கழித்தும் அது ‘ஏ’தான். கட்டு மாற்றுவது, பிரிப்பது, எலும்பு கூடியதா என்று படம் எடுப்பது எல்லாம் ‘டி’.

இன்னொரு வழுக்கலும் உண்டு. தொடர்கவனிப்பு என்று தேடினால் அட்டவணை இசட் வரிசைக்குக் கொண்டுபோகும். காயத்துக்கு அந்த வரிசை ஆகாது; ஏழாம் எழுத்தே தொடர்கவனிப்பைச் சொல்லிவிடுகிறது. முறிவு ஆறிய பிறகும் மணிக்கட்டு இறுகிப்போய் நோயாளி வந்தால், விறைப்புக்கான எம்25.631 முதலில் வரும். அதன் பின்னரே ‘எஸ்’ எழுத்தோடு பழைய முறிவு.

பணம் சார்ந்த பக்கம், செய்த சிகிச்சையைக் குறிக்கும் சி.பி.டி. தொகுதி. எலும்பை இழுத்து நேராக்காமல் கட்டு மட்டும் போட்டால் 25600. அதற்குள் 90 நாள் கவனிப்பும் அடக்கம். ஆகவே அதே மருத்துவரிடம் அந்த நாட்களுக்குள் வரும் வழக்கமான மறுவருகைக்கு 99024 என்று பதிவதோடு சரி, கட்டணம் இல்லை. எக்ஸ்ரே தனிக்கணக்கு. பழைய கட்டை மாற்றிப் புதிதாகப் போட்டால் அதையும் தனியாகக் கேட்கலாம். பிரித்ததற்கு மட்டும் கேட்க முடியாது.

குறிப்பில் இல்லாததைக் கோடர் ஊகிக்கக் கூடாது. மூடியதா திறந்ததா என்று எழுதவில்லையென்றால் மூடியது. எலும்பு விலகியதா என்று இல்லையென்றால் விலகியது என்பது விதி. எலும்பு கூடத் தாமதமா என்பதில் அப்படி விதி எதுவும் கிடையாது. 12 வாரம் ஆகியும் படத்தில் இடைவெளி தெரிகிறது என்று மட்டும் எழுதியிருந்தால், தாமதம் என்று முடிவுகட்டும் உரிமை மருத்துவருக்கே உண்டு. அவருக்கு க்வெரி போகும். பதில் வரும்வரை சார்ட் நிற்கும். நாளின் டார்கெட் ஓடிக்கொண்டிருக்கையில் ஒரு சார்ட்டை நிறுத்தி வைப்பது எளிதல்ல. ஆடிட்டில் 95 சதவீதம் தேற வேண்டும் என்ற நெருக்கடியும் உண்டு. இருந்தும் கேட்டு எழுதுபவரே நல்ல கோடர். வேகத்தை மட்டும் அளக்கும் நிர்வாகம் இந்தப் பொறுமையையும் மதிப்பெண்ணில் சேர்க்க வேண்டும்.

ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 1 அன்று ஐ.சி.டி. புதுப்பிக்கப்படுகிறது. சி.பி.டி. மாறுவது ஜனவரி 1இல். இரண்டு தேதிகளுக்கும் முன்னதாகவே கோடர்களுக்குப் புதுக் குறியீடுகளில் பயிற்சி நடக்கிறது.