மூன்று எழுத்து, பதினைந்து பைட்

எங்கள் வாசகர் வட்டத்தின் கூட்டங்களை நாங்களே படம்பிடித்து யூடியூபில் ஏற்றுகிறோம். உறுப்பினர்களில் மூத்தவர் ஓய்வுபெற்ற தமிழாசிரியர், பார்வை மங்கிவிட்டது. பென்டிரைவ் செருகும் சின்ன ஸ்பீக்கர் ஒன்று வைத்திருக்கிறார். "தம்பி, பேச்சை மட்டும் இதுல ஏத்திக் குடுப்பா" என்று பென்டிரைவை நீட்டினார். மூலப் பதிவுகள் எங்கள் கைபேசிகளிலிருந்து எப்போதோ அழிந்திருந்தன. அதனால்தான் யூடியூபிலிருந்து ஒலியை மட்டும் இறக்கும் ஒரு ஸ்கிரிப்டை எழுத உட்கார்ந்தேன். அடுத்தவர் பேச்சையோ பாட்டையோ நான் இப்படி இறக்குவதில்லை. யூடியூபின் விதிகளும் அதற்கு இடம்தருவதில்லை.

முக்கால் வேலையை இரண்டு இலவசக் கருவிகள் செய்துவிடும். ஒய்டி-டிஎல்பி ஒலியை மட்டும் இறக்கும். ஃபாப்ரிஸ் பெல்லார்ட் 2000இல் தொடங்கிய எஃப்எஃப்எம்பெக் அதை வேண்டிய வடிவத்துக்கு மாற்றும். யூடியூபிலிருந்து ஒலி ஓபஸ் அல்லது ஏஏசி வடிவில் வருகிறது. மறுபடி மாற்றினால் தரம் கொஞ்சம் குறையும்; அப்படியே வைப்பதுதான் முறை. ஆனால் ஐயாவின் ஸ்பீக்கருக்கு எம்பி3 மட்டுமே தெரியும். பேச்சுக்கு 64 கேபிபிஎஸ் போதும். ஒரு மணி நேரம் சுமார் 29 எம்பியில் அடங்கிவிடும்.

முதல் முறை ஓட்டியபோது, பிளேலிஸ்ட் முழுவதையும் கேட்டேன். ஒரே ஒரு உரைதான் வந்தது. இணைப்பின் நடுவே இருந்த & குறியைக் கட்டளை முடிந்ததற்கான அடையாளமாக லினக்ஸ் ஷெல் எடுத்துக்கொண்டிருந்தது. முகவரியை மேற்கோள் குறிக்குள் வைத்ததும் சரியானது.

அடுத்த தடைதான் என்னை யோசிக்க வைத்தது. சில உரைகள் இறங்கவே இல்லை. கோப்பின் பெயர் நீளம் என்றது கணினி. லினக்ஸில் கோப்புப் பெயருக்கு 255 பைட்தான் இடம். ஆங்கில எழுத்துக்கு ஒரு பைட். தமிழிலோ அகரமேறிய மெய், உயிர்க்குறி, புள்ளி ஒவ்வொன்றும் தனித்தனியே மூன்று பைட். 'தமிழ்' நம் கண்ணுக்கு மூன்று எழுத்து. கணினிக்குப் பதினைந்து பைட். பேச்சாளர் பெயர், தலைப்பு, கூட்டத்தின் எண் என்று நாங்கள் ஆசையாய் எழுதிய பெயர்கள் எல்லையைத் தாண்டிவிட்டன.

ஒய்டி-டிஎல்பியில் பெயரை எளிமையாக்கும் விருப்பத்தேர்வு ஒன்று இருக்கிறது. போட்டுப் பார்த்தேன், தமிழ் முழுவதும் போய் அடிக்கோடுதான் மிஞ்சியது. ஒரு தமிழாசிரியருக்குத் தரும் கோப்பில் தமிழை அழிக்க மனம் வரவில்லை. பெயரை 150 பைட்டில் வெட்டச் சொன்னேன். வெட்டு விழும் இடத்தில் கடைசி எழுத்தின் புள்ளி உதிரலாம். மற்றதெல்லாம் தமிழாகவே நிற்கும். உரைகள் வரிசை மாறாதிருக்கப் பெயரின் முன்னால் தேதி சேர்த்தேன். இறக்கியவற்றின் பட்டியல் ஒன்றை ஸ்கிரிப்டே வைத்துக்கொள்கிறது. மாதம் ஒருமுறை ஓட்டினால் புதியவை மட்டும் வரும்.

இறக்குவது ஒரு வரிதான். மற்ற வரிகளெல்லாம், கேட்கப்போகிறவர் யார், அவர் கையில் இருப்பது என்ன என்று யோசித்ததால் வந்தவை. ஸ்கிரிப்டில் அந்த 150க்கு மேலே காரணத்தைத் தமிழிலேயே குறித்து வைத்திருக்கிறேன். எனக்குப் பின் இதைத் திறப்பவர் தேவையில்லை என்று நினைத்து அதை நீக்கிவிடக் கூடாது.