கரை கட்டிய கைகள்

ஸான்பிரான்ஸிஸ்கோ துறைமுகத்தில் படகேறி, குடாவின் நடுவேயுள்ள ஏஞ்சல் தீவுக்கு நாம் புறப்பட்ட காலையில் மூடுபனி இன்னும் விலகவில்லை. 'ஏஞ்சல்' என்றால் தேவதை அல்லவா? தேவதைத் தீவு என்ற பெயரைக் கேட்டதும், அது ஏதோ பூலோக சுவர்க்கம் போலும் என்று நேயர்கள் எண்ணிவிடக் கூடாது. மரமும் மலையும் கடலும் கூடிக் கண்ணுக்கு இனிதாய் விளங்கும் இடந்தான், ஐயமில்லை. ஆயினும் 1910 முதல் 1940 வரை முப்பது வருஷ காலம், ஆசியாவிலிருந்து பிழைப்பைத் தேடி வந்த ஏழைகளுக்கு இத்தீவு ஒரு காவற்கூடமாக இருந்தது. கிழக்குக் கரையில், நியூயார்க் துறைமுகத்தில், கையில் தீபம் ஏந்திய சுதந்திர தேவியின் சிலை ஐரோப்பாவிலிருந்து வந்தவர்களை எதிர்கொண்டது. மேற்குக் கரையில் வந்திறங்கிய ஆசியாக்காரனை எதிர்கொண்டது முள்வேலி.

படகுத் துறையிலிருந்து மலைச் சரிவில் ஒரு மைலுக்கு மேல் நடந்தோம். கடலோரத்து வளைவு ஒன்றில் இரண்டடுக்கு மரக்கட்டிடம் தனித்து நிற்கிறது. உள்ளே இரும்புக் கம்பங்களில் ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று தட்டுப் படுக்கைகள். நமது ரயில் வண்டிகளில் இரவுப் பிரயாணம் செய்தவர்களுக்கு இந்த ஏற்பாட்டை விளக்க வேண்டியதில்லை. ஆனால் ரயில், பொழுது விடிந்தால் ஊர்போய்ச் சேரும். இந்தப் படுக்கைகளில் கிடந்தவர்கள் வாரக்கணக்காகவும், சிலர் மாதக்கணக்காகவும், எதிர்க்கரையைப் பார்த்தபடியே காத்துக் கிடந்தார்கள்.

காரணம் என்ன? கலிபோர்னியாவிலிருந்து கிழக்கு நோக்கி மலையைக் குடைந்து இருப்புப் பாதை போட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் சீனர்கள். அந்தப் பாதை 1869-இல் முடிந்தது. பதின்மூன்றே வருஷங்களில், 1882-இல், சீனத் தொழிலாளிகள் அமெரிக்காவுக்குள் நுழையலாகாது என்று சட்டம் பிறந்தது. "ஆறு கடக்கிற வரையில் அண்ணன் தம்பி; ஆறு கடந்தால் நீ யார், நான் யார்" என்று நம் பெரியோர்கள் சொன்னது எந்தத் தேசத்துக்கும் பொருந்தும் போலிருக்கிறது.

1906-ஆம் வருஷத்துப் பூகம்பத்தையும் அதைத் தொடர்ந்த தீயையும் நேயர்கள் கேள்விப்பட்டிருக்கலாம். நகரத்தின் பதிவேடுகள் அதில் சாம்பலாயின. "நான் இங்கேயே பிறந்தவன்" என்று ஒரு சீனர் சொன்னால், இல்லை என்று மறுக்கச் சான்று இல்லாது போயிற்று. அப்படிப்பட்டவரின் பிள்ளைகளைச் சட்டம் தடுக்க முடியாது. ஆகவே, பெற்ற பிள்ளைகளோடு, காகிதத்தில் மட்டும் பிள்ளைகளான பலரும் கப்பலேறி வந்தனர். அதிகாரிகளோ விடாக்கண்டர்கள். "உன் வீட்டு வாசலில் எத்தனை படி? கிணறு எந்தத் திசை? மூன்றாவது வீட்டில் குடியிருப்பவர் யார்?" என்றெல்லாம் கேட்பார்கள். தந்தை ஒன்று சொல்லி மகன் வேறொன்று சொன்னால் வந்த கப்பலிலேயே திரும்ப வேண்டியதுதான். நாமே சொந்த வீட்டுப் படிகளை இதுவரையில் எண்ணிப் பார்த்ததில்லை!

அந்தக் கட்டிடத்தின் மரச் சுவர்களைப் பார்த்து நாம் வெகுநேரம் நின்றோம். காவலில் இருந்த சீனர்கள் தங்கள் துயரத்தைக் கவிதையாக்கிச் சுவரில் செதுக்கியிருக்கிறார்கள். இருநூறுக்கு மேற்பட்ட கவிதைகள் கண்டெடுக்கப்பட்டுள்ளன. மேலே பூசிய வர்ணமும் அவற்றை முழுதும் மறைக்கவில்லை. கட்டிடத்தை இடித்துவிடலாம் என்றிருந்த சமயத்தில், 1970-இல், தீவுப் பூங்காவின் காவலர் ஒருவர் கையிலிருந்த விளக்கின் ஒளியில் இவ்வெழுத்துக்களைக் கண்டாராம். சட்டம் பேச விடாதவர்களுக்குச் சுவர் சாட்சி சொன்னது.

இத்தீவின் வழியாக வந்தவர்களில் நம் நாட்டவரும் உண்டு. 1915-இல் பெஷாவரிலிருந்து வைஷ்ணோ தாஸ் பாகாய் என்பவர், மனைவி காலா பாகாயுடனும் மூன்று புதல்வர்களுடனும் வந்து இறங்கினார். அடிமை நாட்டில் வாழ மனமில்லாமல் சுதந்திர நாட்டை நாடி வந்தவர் அவர். குடாவுக்கு அக்கரையிலுள்ள பெர்க்லி நகரில் வீடு வாங்கிக் குடிபுகச் சென்றபோது, அண்டை வீட்டார் அந்த வீட்டையே பூட்டி வைத்து அவர்களை உள்ளே விடவில்லை. அவர் மனம் தளராமல் ஸான்பிரான்ஸிஸ்கோவில் கடை வைத்து நடத்தினார். பிரிட்டிஷ் பிரஜை என்ற பெயரைத் துறந்து 1921-இல் அமெரிக்கப் பிரஜையும் ஆனார்.

இந்த இடத்தில் அமெரிக்க நீதி பரிபாலனத்தின் ஒரு விநோதத்தைச் சொல்லியாக வேண்டும். பிறநாட்டார் பிரஜையாக வேண்டுமானால் 'வெள்ளையராக' இருக்க வேண்டும் என்பது 1790-ஆம் வருஷத்துச் சட்டம். ஆப்பிரிக்க வம்சத்தினருக்கு 1870-இல் இடம் கிடைத்தது. ஆசியாக்காரர்களுக்கு மட்டும் இல்லை. ஒஸாவா என்ற ஜப்பானியர், "என் தோல் வெளுப்புத்தானே?" என்று வழக்காடினார். "தோலின் நிறம் கணக்கில்லை; நீர் காகேசிய இனத்தவர் அல்லர்" என்று 1922 நவம்பரில் உச்ச நீதிமன்றம் கைவிரித்தது. பஞ்சாபைச் சேர்ந்த பகத் சிங் திந்த் என்பவர், முதல் உலக யுத்தத்தில் அமெரிக்கச் சேனையிலே சேவை செய்தவர். "சாஸ்திர நூல்களின்படி நாங்கள் காகேசிய இனந்தானே?" என்றார் அவர். "நூல்கள் சொல்வது கணக்கில்லை, சாதாரண ஜனங்கள் உம்மை வெள்ளையர் என்று கருதமாட்டார்கள்" என்று மூன்றே மாதத்தில், 1923 பிப்ரவரியில், அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. முதல் தீர்ப்பை எழுதிய நீதிபதியே இரண்டாவதையும் எழுதினார்!

அத்தீர்ப்பின் பயனாக, முன்பே பிரஜைகளாகியிருந்த இந்தியர் பலரது உரிமை பறிக்கப்பட்டது. பாகாய் கடையை விற்க நேர்ந்தது. 1928-இல் தாய்நாடு சென்றுவர அவர் பாஸ்போர்ட் கேட்டபோது, பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வாங்கிக்கொள்ளச் சொன்னார்கள். எதை வேண்டாமென்று உதறிவிட்டுக் கடல் கடந்தாரோ அதையே மறுபடி கைநீட்டி வாங்க அவர் மானம் இடங்கொடுக்கவில்லை. பத்திரிகைக்கு ஒரு கடிதம் எழுதி வைத்துவிட்டு அந்த வருஷமே உயிரை மாய்த்துக்கொண்டார். காலா பாகாய் அம்மையாரோ கலங்காமல் நின்று மூன்று பிள்ளைகளையும் வளர்த்து ஆளாக்கினார். எந்தப் பெர்க்லி நகரம் அவருக்கு வீட்டைப் பூட்டியதோ, அந்த நகரில் இன்று ஒரு வீதிக்கு அவர் பெயர் இருக்கிறது.

அந்த வீதியைப் பார்த்த பின், உள்நாடு நோக்கி மோட்டாரில் புறப்பட்டோம். ஸாக்ரமெண்டோ, ஸான் ஜோக்வின் என்ற இரண்டு நதிகள் கலந்து பல கிளைகளாய்ப் பிரியும் பிரதேசத்துக்குள் புகுந்ததும், தஞ்சை ஜில்லாவின் நினைவு வராமற் போகாது. கண்ணுக்கெட்டிய தூரம் பசுமை. இரு மருங்கும் வாய்க்கால். ஆனால் ஒரு வியப்பு. இங்கே ஆறு மேலே ஓடுகிறது; வயல் கீழே கிடக்கிறது. சில இடங்களில் நிலம் கடல்மட்டத்துக்கு இருபது அடி கீழே இருக்கிறதாம். மக்கிய கோரைகளாலான இந்தக் கரிய மண் உழ உழ அமிழ்ந்துகொண்டே போகிறது. உயர்ந்த கரைகள் மட்டும் இல்லையென்றால் எல்லாம் வெள்ளக்காடுதான்.

அந்தக் கரைகளைக் கட்டியவர்கள் யார்? இருப்புப் பாதை வேலை முடிந்து வந்த சீனர்கள். இடுப்பளவு சேற்றில் நின்று, மண்வெட்டியும் தள்ளுவண்டியும் கொண்டு, பல்லாயிரம் ஏக்கர் சதுப்பை விளைநிலமாக்கினார்கள். அவர்களுக்குப் பின் ஜப்பானியர் வந்தார்கள். ஜார்ஜ் ஷிமா என்று பெயர் வைத்துக்கொண்ட ஒருவர் இம்மண்ணில் உருளைக்கிழங்கு பயிரிட்டு 'உருளைக்கிழங்கு ராஜா' என்று புகழ் பெற்றார். பஞ்சாபியரும் பிலிப்பைன் தீவினரும் அடுத்தடுத்து வந்தார்கள். பிரஜையாகத் தகுதியற்ற அந்நியர் நிலம் வாங்கக் கூடாது என்று 1913-இல் கலிபோர்னியா சட்டம் செய்தது. 1920-இல் குத்தகைக்கும் கூடாது என்றது. மண்ணை உண்டாக்கியவன் அதில் ஒரு பிடி சொந்தம் கொள்ளலாகாது!

இதன் அடையாளத்தை லாக் என்னும் சிற்றூரில் கண்ணாரக் கண்டோம். 1915-இல் அருகிலிருந்த ஊரில் தங்கள் குடியிருப்பு தீக்கிரையானதும், சீனர்கள் லாக் குடும்பத்தாரின் நிலத்தில் வாய்ப்பேச்சின் பேரில் இடம் பெற்றுக் கட்டிக்கொண்ட ஊர் இது. ஒரே ஒரு பெரிய வீதி; ஒன்றன் தோள்மேல் ஒன்று சாய்ந்து நிற்கும் மர வீடுகள்; ஒரு பழைய பள்ளிக்கூடம்; இன்று காட்சிசாலையாகிவிட்ட சூதாட்ட விடுதி. வீடு சீனருடையது, வீட்டின் கீழிருந்த மண் பிறருடையது. அந்நியர் நிலச் சட்டம் 1952-இல் கோர்ட்டில் அடிபட்டுப் போயிற்று. என்றாலும் மனைகளைப் பிரித்து, குடியிருப்போர் வாங்கலாம் என்ற நிலை 2004-இல்தான் வந்தது. அதற்குள் பிள்ளைகள் நகரங்களுக்குப் போய்விட்டார்கள். ஊரில் எஞ்சிய சீனர் மிகச் சிலரே.

மாலையில் ஸ்டாக்டன் நகரை அடைந்தோம். 1912-இல் அமைந்த அமெரிக்காவின் முதல் குருத்வாரா இங்கேதான் இருக்கிறது. வந்தவர் யாரானாலும் வரிசையில் உட்காரவைத்து உணவளிக்கும் வழக்கம் இன்றும் நடக்கிறது. ரொட்டியும் பருப்பும் இலவசமாய்க் கிடைத்த இந்தக் கூடத்தில் அந்நாளில் சுதந்திர தாகமும் சேர்ந்து பரிமாறப்பட்டது. இதை நிறுவியவர்களுள் ஒருவரான பாபா ஜ்வாலா சிங், உருளைக்கிழங்கு விளைத்துச் சேர்த்த பணத்தில் பெர்க்லி சர்வகலாசாலையில் படிக்க இந்திய மாணவர்களுக்கு உபகாரச் சம்பளம் ஏற்படுத்தினார். "தாய்நாடு அடிமையாயிருக்கும் வரையில் அந்நிய மண்ணில் நமக்கு மதிப்பு ஏது?" என்ற கேள்வி இந்த உழவர்களின் நெஞ்சில் மூண்டது. அதன் விளைவே 1913-இல் எழுந்த கதர் கட்சி. கையால் நூற்ற கதர் அன்று. புரட்சி என்னும் பொருளுள்ள 'கதர்'. அதன் பத்திரிகையை அச்சிட உதவிய பெர்க்லி மாணவர் கர்த்தார் சிங் ஸராபா, பத்தொன்பதாம் வயதில், 1915 நவம்பரில், லாகூரில் தூக்குமேடை ஏறினார்.

இதே ஸ்டாக்டனின் பொருட்காட்சித் திடலில் 1942-இல் ஜப்பானிய வம்சத்தினரைக் குடும்பம் குடும்பமாய் அடைத்து வைத்து, பின்பு தொலைவிலுள்ள முகாம்களுக்கு அனுப்பினார்கள். தேசமெங்கும் இவ்விதம் சுமார் 1,20,000 பேர். அவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் அமெரிக்காவில் பிறந்த பிரஜைகள். குற்றம் ஒன்றுமில்லை, பாட்டன் பிறந்த ஊர்தான் குற்றம். 1988-இல் சர்க்கார் மன்னிப்புக் கோரி, உயிரோடிருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டாலர் அளித்தது. தவறை ஒப்புக்கொண்ட பெருந்தன்மையைப் பாராட்டுவோம். அதற்கு நாற்பத்தாறு வருஷம் ஆனதையும் மறவாதிருப்போம்.

சட்டங்கள் மெல்ல மாறின. சீனருக்கு 1943-இலும், இந்தியருக்கும் பிலிப்பைன் தீவினருக்கும் 1946-இலும் பிரஜா உரிமை கிடைத்தது. 1952-இல் இனத்தடையே நீங்கியது. பெர்க்லியில் கணிதப் பட்டம் பெற்றும் வேறு வழியின்றி வயலில் உழைத்த தலீப் சிங் ஸௌந்த், 1949-இல் பிரஜையாகி, 1956-இல் அமெரிக்கக் காங்கிரஸுக்கே தேர்ந்தெடுக்கப்பட்டார். பின்னர் 2021-இல் கமலா ஹாரிஸ் உப ஜனாதிபதியானபோது, அவர் பாட்டனாரின் பூர்வீக ஊராகிய துளசேந்திரபுரத்தில் வெடி வெடித்துக் கொண்டாடினோம். கொண்டாட வேண்டியதுதான். ஆனால் மேலேறியவரைக் கொண்டாடும் நாம், ஏறுவதற்குப் படியாய்க் கிடந்தவர்களை ஒரு கணமேனும் நினைத்தோமா? பாகாயின் பெயர் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? சீனருக்கும் ஜப்பானியருக்கும் இழைக்கப்பட்டது நமக்கும் சேர்த்துத்தான் என்று உணர்ந்தோமா?

இன்னொன்றும் நெஞ்சை உறுத்தியது. மண்ணை வளமாக்கியவனுக்கு மண்ணில் உரிமையில்லை என்பது அமெரிக்கா கண்டுபிடித்த நியாயமா? நமது காவிரிக் கரையில் தலைமுறை தலைமுறையாகச் சேற்றில் நின்றவர்களுக்குக் குடிசை போட்ட மனையாவது சொந்தமாயிருந்ததா? பிறர் வீட்டுக் கூரையின் ஓட்டையைப் பார்க்கும்போது நம் வீட்டுக் கூரையையும் ஒருமுறை அண்ணாந்து பார்ப்பது நல்லது.

திரும்பும் வழியில் மோட்டாரை நிறுத்தி ஒரு கரைமேல் ஏறி நின்றோம். ஒரு பக்கம் ததும்பும் ஆறு. மறு பக்கம், ஆழத்தில், பச்சை வயல். சில ஆட்கள் கரைச் சரிவில் கல் அடுக்கிக்கொண்டிருந்தார்கள். கட்டி நூறு வருஷத்துக்கு மேலாகியும் ஆண்டுதோறும் இந்த வேலை ஓய்வதில்லை. எலி வளை ஒன்றைக் கவனியாமல் விட்டாலும் போதும் என்கிறார்கள். கொரோனா நோய் பரவிய 2020, 2021 வருஷங்களில், ஆசிய முகம் கொண்டவர்களை ஸான்பிரான்ஸிஸ்கோ வீதிகளிலேயே வைது அடித்ததைப் பத்திரிகைகளில் படித்தோம். அவர்களில் எத்தனையோ பேர் அந்நாட்டிலேயே பிறந்தவர்கள். உரிமை என்பதும் இந்தக் கரை போன்றதுதான். ஒரு தலைமுறை கட்டி முடித்துவிட்டது என்று அடுத்த தலைமுறை உறங்கிவிட முடியாது.

இருட்டிக்கொண்டு வந்தது. அந்த ஆட்கள் கல் அடுக்குவதை இன்னும் நிறுத்தவில்லை.