முஸ்தபா இருக்கா, அண்ணா?

சென்னை ரிச்சி தெருவில் கையடக்க கேம் கருவி வாங்க வருகிறவர்கள் பெட்டியின் மேல் அச்சிட்டிருக்கும் எண்ணைத்தான் முதலில் பார்க்கிறார்கள். 400 கேம், 5,000 கேம், 10,000 கேம் என்று விலையோடு சேர்ந்து எண்ணும் ஏறிக்கொண்டே போகும். அதே தெருவின் மாடிகளிலும் பின்னறைகளிலும் இந்தக் கருவிகளுக்குக் கேம் ஏத்திக் கொடுக்கும் ஆட்கள் இருக்கிறார்கள். புதுக் கருவி கைக்கு வந்ததும் அவர்கள் செய்கிற முதல் காரியம், அந்தப் பத்தாயிரம் இருக்கும் கார்டைக் கழற்றி ஓரமாக வைப்பது.

நான் போய் உட்கார்ந்திருந்தது ஒரு செல்போன் சர்வீஸ் கடையின் பின்னறையில். நாற்பதை நெருங்கும் ஒருவர், அவருக்கு உதவியாக டிப்ளமோ முடித்த ஒரு பையன், ஒரு மேசை, இரண்டு லேப்டாப். மூத்தவர் 2000-களில் மெமரி கார்டுக்குப் பாட்டு ஏத்திக் கொடுத்தவர். இளையராஜாவுக்கு ஒரு ஃபோல்டர், ரஹ்மானுக்கு ஒன்று, சாமி பாட்டுக்கு ஒன்று. கார்டை வாங்கிப் போகிறவர் எந்தப் பாட்டை முதலில் தேடுவார் என்று யோசித்து அடுக்குகிற பழக்கம் அப்போது வந்தது என்கிறார். கேம் ஏத்துவதிலும் அவருக்கு அதுதான் பெரிய விஷயம்.

அன்றைக்கு மேசையில் கிடந்தது ஆர்36எஸ். சீனாவிலிருந்து வருவது. மூன்றரை அங்குலத் திரை, ராக்சிப் ஆர்கே3326 சிப், அடியில் மெமரி கார்டுக்கு இரண்டு துளைகள். ஒரு கார்டில் இயங்குதளம், இன்னொன்றில் கேம்கள். கூடவே வரும் கார்டுகள் பெரும்பாலும் மட்ட ரகம். கொஞ்ச நாள் ஓடிவிட்டு ஒரு நாள் படிக்க முடியாமல் நின்றுவிடும். அதுவரை சேர்த்துவைத்த சேவ் அத்தனையும் அதோடு போகும். அதனால் நம்பிக்கையான கம்பெனியின் புதுக் கார்டு போடுகிறார்கள். அதையும் அப்படியே நம்புவதில்லை. 64 ஜிபி என்று கணினிக்குக் காட்டிவிட்டு உள்ளே அதில் பாதிகூட இல்லாத போலிகள் சந்தையில் உண்டு. கார்டு முழுவதும் எழுதி, எழுதியதைத் திரும்பப் படித்துச் சரிபார்த்த பிறகுதான் வேலை ஆரம்பிக்கிறது.

இங்கே பையன் செய்த ஒரு காரியத்தைச் சொல்ல வேண்டும். பழைய கார்டைத் தூக்கிப் போடுவதற்கு முன் அதை லேப்டாப்பில் செருகி, அதிலிருந்து ஒரே ஒரு சிறு கோப்பை மட்டும் நகலெடுத்து, கருவியின் பெயரைக் குறித்துத் தனியாக வைத்தான். டிடிபி என்று முடியும் கோப்பு அது. ஆர்36எஸ் கருவிகள் வெளியே ஒன்றுபோலத் தெரிந்தாலும் உள்ளே இருக்கும் திரைகள் பல வகை. எந்தத் திரை, அதற்கு எப்படிக் கட்டளை கொடுக்க வேண்டும் என்பது அந்தக் கோப்பில்தான் இருக்கிறது. புதுக் கார்டில் ஆர்க்ஓஎஸ் இயங்குதளத்தை ஏத்திவிட்டு இந்தக் கோப்பை மாற்றாமல் விட்டால் கருவி ஓடும், சத்தம்கூட வரும், திரை மட்டும் கறுப்பாகவே இருக்கும். கருவி செத்துவிட்டது என்று வீட்டிலிருந்து தூக்கிக்கொண்டு வருகிறவர்களில் பலருடைய சிக்கல் இதுதானாம்.

பிறகு கேம்கள். பிளேஸ்டேஷன் கேம் என்றால் ஒரு சிடிக்கு 650 எம்பி வரை போகும். பெரிய கோப்பு ஒன்று, எந்தத் தடம் எங்கே ஆரம்பிக்கிறது என்று சொல்லும் சின்ன உரைக்கோப்பு ஒன்று. பெரியதன் பெயரை மாற்றிவிட்டுச் சின்னதைத் திருத்தாமல் விட்டால் கேம் திறக்காது. 1997-ல் வந்த ஃபைனல் ஃபேன்டஸி 7 மூன்று சிடி. மூன்றையும் ஒரு பட்டியல் கோப்பில் கோத்துவைக்காவிட்டால், முதல் சிடி முடிகிற இடத்தில் ஆடுகிறவர் திண்டாடிப்போவார். ஆர்கேட் கேம்களுக்கு வேறு தொல்லை. பழைய இயந்திரம்போல நடிக்கும் மென்பொருளான எமுலேட்டர் எந்தப் பதிப்போ அந்தப் பதிப்புக்கேற்ற தொகுப்புதான் ஓடும். நியோ ஜியோ கேம் என்றால் கேம் கோப்போடு அந்த இயந்திரத்தின் அடிப்படை நிரல் கோப்பும் பக்கத்தில் இருந்தாக வேண்டும். ஒவ்வொரு கேமையும் திறந்து, ஒரு நிமிஷமாவது ஆடிப் பார்த்து, சேவ் ஆகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் அடுத்ததற்குப் போகிறார்கள்.

பெட்டியில் இருந்த 10,000-ஐ ஓரம் கட்டியதன் காரணம் இப்போது புரியும். அதில் ஒரே கேம் ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என்று மூன்று முறை இருக்கும். ஜப்பானிய எழுத்து நிறைந்த கதை கேம்கள் இருக்கும். திறக்கவே திறக்காதவை இருக்கும். மூத்தவர் ஒரு கார்டில் வைப்பது பெரும்பாலும் இருநூறுக்குள். “பத்தாயிரம் இருந்தா எதையும் ஆட மாட்டாங்க சார். பட்டியலை உருட்டிக்கிட்டே இருந்துட்டு மூடி வெச்சிருவாங்க.”

எண்ணைக் காட்டி விற்கும் வித்தை இந்தியாவில் புதிதல்ல. நின்டென்டோவின் ஃபேமிகாம் 1983-ல் ஜப்பானில் வந்தது. நம் ஊருக்கு அது வந்து சேர்ந்தது பெரும்பாலும் நகல் வடிவில்தான். சாமுராய் என்ற பெயரில் முறையான கன்சோலும் விற்றது. ஆனால் தொண்ணூறுகளில் நடுத்தர வீடுகளுக்குள் நுழைந்தவை லிட்டில் மாஸ்டர் மாதிரி நகல் பெட்டிகள். அவற்றுக்கு வந்த கேசட்டில் ‘9999 இன் 1’ என்று போட்டிருக்கும். உள்ளே இருந்தவை விரல்விட்டு எண்ணும் கேம்கள். அதே மாரியோ, மூன்றாம் உலகத்திலிருந்து ஆரம்பித்தால் வேறு எண். அதே கான்ட்ரா, கூடுதல் உயிரோடு ஆரம்பித்தால் வேறு எண். 1985-ன் சூப்பர் மாரியோ பிரதர்ஸ் மொத்தமே 40 கேபி. ஆரம்பிக்கிற இடத்தை மாற்றிப் பட்டியலை நீட்டுவதற்குப் புதிய நினைவகம் ஏறக்குறைய தேவையே இல்லை. கேசட் தயாரித்தவர்களுக்கு இந்தக் கணக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

கூடுதல் கேம் ஏத்துவதை உலகம் முழுக்கப் பேசவைத்தது 2016 நவம்பரில் வந்த என்இஎஸ் கிளாசிக். நின்டென்டோ தன் பழைய கன்சோலையே உள்ளங்கை அளவுக்குச் சுருக்கி, 30 கேம்களோடு விற்றது. கேசட் செருகும் மூடி வெறும் அலங்காரம், திறக்காது. உள்ளே ஆல்வின்னர் ஆர்16 சிப், 512 எம்பி சேமிப்பு, லினக்ஸ். கேம்களின் அளவைப் பார்த்தால் பெட்டி பாதிக்கு மேல் காலி. கடைகளில் கிடைக்காமல் மக்கள் அலைந்துகொண்டிருந்தபோதே, 2017 ஜனவரியில் கிளஸ்டர்எம் என்ற பெயரில் இயங்கிய ரஷ்ய நிரலாளர் ஹாக்சி2 என்ற மென்பொருளை வெளியிட்டார். ரீசெட் பொத்தானை அழுத்திப் பிடித்தபடி பவரைப் போட்டால் கன்சோல் கணினியின் கட்டளைக்குக் காத்திருக்கும். அந்த வாசல் வழியாகத்தான் கேம்கள் உள்ளே போயின.

நியூஜெர்சியிலிருந்து உறவினர் கொண்டுவந்த அப்படி ஒரு பெட்டி இந்த மேசைக்கும் வந்திருந்தது. எதையும் ஏத்துவதற்கு முன்னால், இருக்கிற இயங்குதளத்தை முழுசாக நகலெடுத்து, அந்த நகலை வாடிக்கையாளரின் பென்டிரைவிலும் போட்டார் மூத்தவர். நாளைக்கே பழையபடி வேண்டும் என்று கேட்டால் திருப்பிக் கொடுக்க முடிய வேண்டும். சேர்த்த ஒவ்வொரு கேமுக்கும் அட்டைப் படம், ஆண்டு, எத்தனை பேர் ஆடலாம் என்ற தகவல், எல்லாம் கம்பெனி கொடுத்த முப்பதின் பாணியிலேயே இருந்தன. ஏத்தியது எது, கூடவே வந்தது எது என்று திரையைப் பார்த்து என்னால் சொல்ல முடியவில்லை. அதைக் கேட்டபோது அவர் முகத்தில் தெரிந்த சந்தோஷம் நிஜமானது.

கம்பெனிகளே இந்த அக்கறையில் கோட்டை விட்டதுண்டு. 2018 டிசம்பரில் சோனி கொண்டுவந்த பிளேஸ்டேஷன் கிளாசிக்கில் இருந்தவை 20 கேம்கள். அவற்றில் ஒன்பது, டெக்கன் 3 உட்பட, ஐரோப்பியப் பதிப்புகள். நொடிக்கு 60 பிரேம் ஓட வேண்டியது 50-ல் ஓடியது. உதையும் குத்தும் சற்றுத் தாமதமாக விழுவதைப் பழகிய கைகள் உடனே கண்டுகொண்டன. யுஎஸ்பி டிரைவ் வழியாக வேறு கேம் ஏத்தும் வழியை ஆர்வலர்கள் சீக்கிரமே கண்டுபிடித்தார்கள். பலர் முதலில் ஏத்தியது புதிதாக எதையும் அல்ல. அதே கேமின் 60 பிரேம் பதிப்பைத்தான்.

மதியத்துக்கு மேல் ஒரு கல்லூரி மாணவர் வந்தார். கேட்டது ஒன்றே ஒன்று.

“முஸ்தபா இருக்கா, அண்ணா?”

கேப்காம் 1993-ல் ஆர்கேடுக்கு வெளியிட்ட ‘கெடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ்’ நம் ஊரில் இந்தப் பெயரில்தான் வாழ்கிறது. தொப்பி போட்ட முஸ்தபா அதில் வரும் நான்கு நாயகர்களில் ஒருவர். ஒரு ரூபாய்க் காசைப் போட்டு வீடியோ கேம் கடையில் ஆடிய தலைமுறைக்கு மொத்த கேமே அவர்தான். அந்தத் தலைமுறையின் பிள்ளைகளும் அதே பெயரைச் சொல்லிக் கேட்கிறார்கள். ஒரு அமெரிக்க காமிக்ஸ் தொடரை வைத்துச் செய்த கேம் அது. தலைப்பில் இருப்பதோ ஒரு கார் கம்பெனியின் பெயர். அந்தக் காலத்தில் அது எந்த வீட்டுக் கன்சோலுக்கும் வரவில்லை. காசு கொடுத்து முறையாக வாங்குகிறேன் என்று வருகிறவரைக் கைகாட்டி அனுப்ப ஒரு கடை கிடையாது.

“கோப்பு நீ கொண்டு வா தம்பி. நான் அடுக்கித் தர்றேன்” என்றார் மூத்தவர். கேமைக் காசுக்கு விற்பதில்லை, கூலி மட்டும்தான் என்பது அவர் போட்டுக்கொண்ட கோடு. சட்டம் அந்தக் கோட்டை ஏற்காது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் 52-ஆம் பிரிவு, நிரலின் பிரதியை முறைப்படி வைத்திருப்பவர் பாதுகாப்புக்கு நகல் எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. வேறு வழியில் வந்த நகலை, அது நகல் என்று தெரிந்தே பயன்படுத்துவதற்கு 63-பி பிரிவில் ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. வெளிநாடுகளிலும் இதே கதைதான்: இத்தாலியின் டூரினில் 2024-ல் திருட்டு கேம்கள் ஏத்திய சுமார் 12,000 கன்சோல்களை நிதிக் காவல் படை பறிமுதல் செய்தது. எமுலேட்டர் என்ற மென்பொருள் தன்னளவில் குற்றம் அல்ல என்பதை அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் சோனி-கனெக்டிக்ஸ் வழக்கில் 2000-லேயே தெளிவாக்கிவிட்டது. சிக்கல் எப்போதும் கேம் கோப்பில்தான்.

ஆனாலும் உரிமை வைத்திருப்பவர்கள்மேல் எனக்குக் கோபம் உண்டு. வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வின்படி, அமெரிக்காவில் 2010-க்கு முன் வந்த கேம்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் இல்லை. விற்கவும் மாட்டோம், ஆடவும் விட மாட்டோம் என்றால் அந்தக் கேம்கள் எங்கே போகும்? முப்பது ஆண்டு முன்பு காசு போட்டு ஆடியவர் இன்றைக்கும் காசோடுதான் நிற்கிறார்.

சட்டம் சந்தேகமில்லாமல் இடம் தரும் வேலை ஒன்றையும் அன்றே பார்த்தேன். சிங்கப்பூரில் சிறுவயதில் வாங்கியது என்று ஒரு பெண் போகிமான் யெல்லோ கேசட்டைக் கொண்டுவந்தார். கேம் பாய் வேலை செய்யவில்லை, கேசட்டில் தன் பழைய சேவ் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். கேசட்டின் உள்ளே ஒரு பொத்தான் பேட்டரி இருக்கிறது. அதில் மின்சாரம் இருக்கும்வரைதான் 32 கேபி சேவுக்கு உயிர். பேட்டரியைக் கழற்றினாலும் அழிந்துவிடும்.

“எதுவும் போயிடாதே, தம்பி?” என்று பையனிடம் கேட்டார்.

“முதல்ல நகல் எடுத்துடறேன் அக்கா. அப்புறம்தான் திறப்பேன்.”

ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் தோய்த்த பஞ்சுக் குச்சியால் கேசட்டின் மின்தொடர்புகளைத் துடைத்தான். குச்சி கறுத்தது. இன்னொன்று எடுத்தான், அது வெளுப்பாகவே வரும்வரை துடைத்தான். ஆர்டுயினோ மெகா பலகையில் கட்டிய திறந்தமூல ரீடரில் செருகினான். முதல் முறை சரிபார்ப்பு எண் பொருந்தவில்லை. கழற்றித் திரும்பச் செருகினான். 1 எம்பி கேம் கோப்பு, அதன் பின் 32 கேபி சேவ் கோப்பு. இரண்டையும் ஆர்36எஸ்ஸில் ஒரே பெயரில் வைத்துத் திறந்தபோது, ‘தொடர்க’ என்ற பொருளில் ஒரு வரி மெனுவின் மேலே நின்றது. அந்தப் பெண் கருவியை வாங்கி, பட்டியலைத் திறந்து, பிகாச்சுவின் லெவலைப் பார்த்துவிட்டுச் சிரித்தார். பேட்டரி மாற்றுவதற்குக் கேசட்டை விட்டுப் போனார். 3.8 மில்லிமீட்டர் ஸ்க்ரூடிரைவரால் திறந்து, பழையதன் தகட்டைச் சூடுகாட்டி எடுத்து, புதியதை வைத்து, சேவ் கோப்பை மறுபடி எழுத வேண்டும்.

பையனின் லேப்டாப்பில் இன்னொரு ஃபோல்டர் இருக்கிறது. இலவசமாகவோ விலைக்கோ முறையாகக் கிடைக்கும் புதிய கேம்கள்: என்இஎஸ்ஸுக்காக 2019-ல் மார்ஃப்கேட் கேம்ஸ் எழுதி, மாரியோவைப் போலவே 40 கேபிக்குள் அடக்கிய மைக்ரோ மேஜஸ்; தனியொருவராக டைசுகே அமயா உருவாக்கி 2004-ல் இலவசமாகக் கொடுத்த கேவ் ஸ்டோரி. அதே ஃபோல்டரில், கேம் பாய்க்குக் கேம் உருவாக்க உதவும் ஜிபி ஸ்டூடியோவில் அவன் செய்துகொண்டிருக்கும் சொந்தக் கேமும் இருக்கிறது. மின்சார ரயிலில் டிக்கெட் பரிசோதகரிடம் சிக்காமல் பெட்டி மாறும் கதை. வசனம் தமிழில் வர வேண்டும் என்பதில் உறுதியாக இருக்கிறான். கேம் பாய் திரை 160-க்கு 144 புள்ளி. எழுத்துக்கு ஒதுக்கிய கட்டம் எட்டுக்கு எட்டு. ஆங்கிலத்துக்கு அது தாராளம். ‘ணி’யின் மேல்விலங்கும் ‘ஞூ’வின் வாலும் எட்டுப் புள்ளி உயரத்தில் அடங்குவதில்லை. அதனால் இரண்டு கட்டங்களை மேலும் கீழுமாக அடுக்குகிறான், அகலமான எழுத்துக்குப் பக்கத்திலும் இரண்டு. திரையில் முன்பு 18 வரி வந்த இடத்தில் இப்போது ஒன்பது. உயிரெழுத்துகள் முடிந்துவிட்டன. மெய்யில் ‘ழ்’ மட்டும் இன்னும் வளைவு சரியாக வரவில்லை என்று கட்டத்தைப் பெரிதாக்கிக் காட்டினான்; மூத்தவர் எட்டிப் பார்த்து, கீழ்ச்சுழியில் ஒரு புள்ளியை வலப்பக்கம் தள்ளச் சொன்னார்.