நான்காம் வேற்றுமையில் ஒரு பனிக்காலம்

தில்லியில் சனவரி இரவுகளில் விடுதி அறைக்குள்ளேயே மூச்சு வெண்புகையாக வெளிவரும். அறையில் ஹீட்டர் வைத்துக்கொள்ள அனுமதியில்லை. இரண்டு கம்பளிகளுக்கும் ஒரு ரஜாய்க்கும் உள்ளே ஒடுங்கி, மடிக்கணினியின் சூட்டில் விரல்களை வைத்துக்கொண்டு, தேனி மாவட்டத்திலிருந்து வந்த மொழியியல் ஆய்வு மாணவி ஒருத்தி கனடாவின் பனிக்காட்டில் செத்துக்கொண்டிருந்தாள். அன்றிரவு அது நான்காவது மரணம்.

விளையாட்டின் பெயர் ‘தி லாங் டார்க்’. கனடாவின் ஹின்டர்லேண்ட் நிறுவனம் உருவாக்கியது. 2014-இல் முன்னோட்டமாக வெளிவந்து 2017-இல் முழு வடிவம் பெற்றது. இதில் பேய்களும் பிணங்களும் எழுந்து வருவதில்லை. புவிக்காந்தக் குழப்பம் ஒன்றால் மின்சாரம் முழுதும் அற்றுப்போன வடநிலத்தில் தனித்து விடப்பட்ட ஒரு மனித உடல், அவ்வளவுதான். அந்த உடலுக்கு நான்கு அளவீடுகள்: குளிர், களைப்பு, பசி, தாகம். அவற்றைக் காத்துக்கொண்டு இன்னொரு நாள் உயிரோடிருப்பதே ஆட்டம். அவள் ஆடிய விதிப்படி, இறந்தால் சேமித்த ஆட்டம் அழிந்துவிடும். இன்னொரு விதியும் உண்டு. எவ்வளவு கடினமான உலகில் வாழப்போகிறோம் என்பதைத் தொடங்கும்முன்பே தேர்ந்துகொள்ள வேண்டும். அந்த உயிர் இருக்கும்வரை அதை மாற்ற முடியாது. மாற்ற விரும்பினால் புதிதாகப் பிறக்க வேண்டும்.

பில்கிரிம், வோயாஜர், ஸ்டாக்கர், இன்டர்லோப்பர் என நான்கு பழைய நிலைகள். ஆட்டத்தைக் கணினியில் ஏற்றிக்கொடுத்த இயற்பியல் துறை நண்பன், “பில்கிரிம் எல்லாம் சுற்றுலாப் பயணிகளுக்கு” என்று சிரித்துவிட்டுப் போயிருந்தான். ஆகவே அவள் முதல் நாளே இன்டர்லோப்பரைத் தேர்ந்தாள். அதில் துப்பாக்கி கிடையாது. தொடக்கத்தில் கையில் ஒரு தீக்குச்சிகூட இருக்காது. மெல்லிய உடையோடு பனியில் இறக்கிவிடப்படுவாள். கத்தி வேண்டுமென்றால் பழைய இரும்பைத் தேடிச் சேர்த்து, உலைக்களம் இருக்கும் இடத்தைக் கண்டுபிடித்துத் தானே அடித்துக்கொள்ள வேண்டும். பத்து நாட்களில் பதினொரு முறை இறந்தாள். நீண்ட வாழ்வு நான்கு நாள்.

அவளுடைய மேசை இழுப்பறையில் ஒரு படிவம் இருந்தது. ஆய்வுக் காலத்தை நீட்டிக்கக் கோரும் விண்ணப்பம். ஆறாம் ஆண்டு முடிய ஐந்து மாதங்களே இருந்தன. ஐந்தாண்டு உதவித்தொகை முந்தைய ஆண்டே நின்றுவிட்டது. நான்காம் ஆண்டில் தந்தைக்குப் பக்கவாதம் வந்தபோது எட்டு மாதங்கள் ஊரில் இருந்தாள். நீலகிரியில் ஒரு சிறுமொழி குறித்துச் செய்யவேண்டிய களப்பணி அந்த எட்டு மாதங்களோடு போயிற்று. மொழியை நன்கறிந்த முதியவர்களுள் ஒருவர் அதற்குள் இறந்தும் போனார். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2016-ஆம் ஆண்டு விதிமுறையும் 2022-ஆம் ஆண்டு விதிமுறையும் முனைவர் பட்ட ஆய்வுக்கு ஆறாண்டை உச்சவரம்பாக வைத்து, பெண்களுக்கும் நாற்பது விழுக்காட்டுக்கு மேல் மாற்றுத்திறன் உடையோருக்கும் கூடுதலாக இரண்டாண்டுத் தளர்வுக்கு இடம் தருகின்றன. நெறியாளர் இருமுறை நினைவூட்டிவிட்டார். அவள் படிவத்தை நிரப்பவில்லை. ‘தளர்வு’ என்ற சொல் அவளை உறுத்தியது. துறையின் தாழ்வாரத்தில் “அவருக்கு எக்ஸ்டென்ஷன் கொடுத்திருக்கிறார்கள்” என்று ஒருவரைப் பற்றி மற்றவர் சொல்லும்போது குரல் சற்றே தாழ்வதை அவள் ஐந்தாண்டுகளாகக் கேட்டிருக்கிறாள்.

பன்னிரண்டாம் முறை ஸ்டாக்கருக்கு இறங்கினாள். பிறகு வோயாஜருக்கு. ஒவ்வொரு முறை இறங்கும்போதும், அறையில் யாரும் இல்லாதபோதும், திரையைச் சற்றுச் சாய்த்துக்கொண்டாள். நண்பனிடம் சொல்லவில்லை.

இந்த வெட்கத்துக்கு ஒரு வரலாறு உண்டு. 1992-இல் வந்த ‘வுல்ஃபென்ஸ்டைன் 3டி’ விளையாட்டில் மிக எளிய நிலையைத் தேர்ந்தால், நாயகன் குழந்தைக் குல்லாய் அணிந்து வாயில் சூப்பானோடு இருக்கும் படம் வரும். அந்த நிலையின் பெயரே, அப்பாவிடம் தானும் விளையாடலாமா என்று கேட்கும் ஒரு சிறுபிள்ளையின் கேள்வி. அடுத்த ஆண்டு வந்த ‘டூம்’ எளிய நிலைக்குச் சாக அஞ்சும் சிறுவனின் குரலைக் கொடுத்தது. எதிரிகள் எத்தனை பேர், எவ்வளவு வலிமை உள்ளவர்கள் என்பதை மாற்றும் ஒரு பொத்தான், ஆடுபவர் எப்படிப்பட்டவர் என்று சொல்லும் சான்றிதழாகிவிட்டது.

‘தி லாங் டார்க்’ அவ்வாறு கேலி செய்வதில்லை. ஆனால் அதன் நான்கு பெயர்களும் ஆட்களின் பெயர்களே. பின்னாளில் சேர்ந்த ஐந்தாம் நிலைக்கு மட்டும் ‘மிசரி’, அதாவது துயரம், என்று பெயரிட்டார்கள். மொழியியல் படித்தவள் சும்மா இருப்பாளா? ஒரு நள்ளிரவில் ஆட்டத்தை நிறுத்திவிட்டுச் சொற்பிறப்பு அகராதியைத் திறந்தாள்.

பில்கிரிம் என்னும் சொல் இலத்தீனத்தின் ‘பெரெக்ரீனுஸ்’ என்பதிலிருந்து வருவது. அதன் பொருள் அயலான், வேற்று நிலத்திலிருந்து வந்தவன். வோயாஜர் பிரெஞ்சுச் சொல். கனடாவில் மென்மயிர்த் தோல் வணிகத்துக்காகத் தோணி வலித்துச் சென்றவர்களை அது குறித்தது. அதன் வேரில் இருப்பது ‘வியாட்டிகம்’, வழிப்பயணத்துக்கான உணவு. நம் ஊர்ச் சொல்லில் கட்டுச்சோறு. ஸ்டாக்கர் பழைய ஆங்கிலத்தில் ஓசைப்படாமல் நடப்பவன். இன்டர்லோப்பர், நாடோடியைக் குறித்த டச்சுச் சொல்லின் பிற்பாதியை ஒட்டிப் பிறந்தது. அந்தப் பாதியின் பொருள் ஓடுபவன். வணிகக் கம்பெனிகளின் தனியுரிமையை மீறி உரிமமின்றி வாணிபம் செய்தவர்களை ஆங்கிலேயர் அப்படி அழைத்தனர். கிழக்கிந்தியக் கம்பெனியின் கண்ணில் அத்தகைய அத்துமீறியாக இருந்த தாமஸ் பிட், பிறகு அதே கம்பெனியால் 1698 முதல் 1709 வரை சென்னைப் புனித ஜார்ஜ் கோட்டையின் தலைமைப் பொறுப்பில் அமர்த்தப்பட்டார். ஆள் அவர்தான். கதவைத் திறந்துவிட்டதும் பெயர் மாறிற்று.

நான்கு சொற்களும் நடப்பவரைக் குறிப்பவை. நான்கும் பிறர் நிலத்தின் வழியே செல்பவரைச் சுட்டுபவை. பட்டியலில் மிக எளியதும் மிகக் கடியதும் அயலாருக்கான இரு பெயர்கள். ஓர் அயலாரைக் கண்டு ஓநாய் ஒதுங்குகிறது. இன்னோர் அயலார்மேல் பாய்கிறது. நடப்பவரின் கால்களில் எந்த வேறுபாடும் இல்லை.

பித்தோராகரிலிருந்து வந்த அறைத்தோழி ஒருநாள் அவள் தோளுக்குப் பின்னால் நின்று சற்று நேரம் பார்த்தாள். பனியை உண்மையாகவே அறிந்தவள் அவள். “எங்கள் மலையில் இப்படிப்பட்ட நாளில் யாரும் தனியாகப் போகமாட்டார்கள். போனால், பெரியவர்கள் திட்டுவார்கள். வீரன் என்று யாரும் சொல்லமாட்டார்கள்” என்றாள். பிறகு தேநீர் கொதிக்கவைக்கப் போய்விட்டாள்.

அன்றிரவு அவள் பில்கிரிமைத் தேர்ந்தாள். ஓநாய் அவளைக் கண்டு திரும்பி ஓடியது. முதல் முறையாக நின்று நிதானமாக ஒரு மலையைப் பார்த்தாள். இருபதாம் நாளுக்குப் பிறகு ஓரிரவில் வானில் பச்சை ஒளி விரிந்தது. ஆட்டத்தில் அந்த வடதுருவ ஒளி தோன்றும் வேளைகளில் கைவிடப்பட்ட வீடுகளின் செத்த விளக்குகள் தாமே எரியும். பதினொரு வாழ்வுகளில் அவள் அதுவரை பிழைத்திருந்ததே இல்லை. மறுநாள் கவனமின்றி மெல்லிய பனிக்கட்டிமேல் நடந்து தண்ணீருக்குள் விழுந்தாள். ஈர உடையோடு குடிசை ஒன்றை எட்டுவதற்குள் உயிர் போகும் நிலை. எளிய நிலையிலும் குளிர், குளிராகவே இருந்தது.

வாரக்கடைசியில் வீட்டுக்குக் காணொலி அழைப்பு. அக்கா மகன், ஒன்பது வயது, கணினியில் மைன்கிராஃப்ட் ஆடிக்கொண்டிருந்தான். அதில் நிலையை ஆட்டத்தின் நடுவிலேயே மாற்றலாம். ‘அமைதி’ நிலையில் பகை உயிர்கள் மறைந்துவிடும், பசி குறையாது. ‘எளிது’ நிலையில் பட்டினி பாதி உயிரோடு நிறுத்திக்கொள்ளும். ‘இயல்பு’ நிலையில் அரை இதயம் மிச்சம் வைக்கும். ‘கடினம்’ நிலையில்தான் கொல்லும். பையன் கூரை வேயும்போது அமைதியில் வைத்துக்கொண்டான். முடிந்ததும் கடினத்துக்கு ஏற்றிச் சண்டைக்குப் போனான். அம்மா சாப்பிடக் கூப்பிட்டதும் மீண்டும் அமைதி.

“இது கள்ளாட்டம் இல்லையாடா?” என்று கேட்டாள்.

“இல்ல சித்தி. வீடு கட்டறப்ப எதுக்குச் சண்ட?” என்றான். பிறகு, அந்தப் பொத்தானுக்கு அருகில் இருக்கும் சிறு பூட்டுப் படத்தைக் காட்டினான். அதை அழுத்தினால் அந்த உலகின் நிலை அப்படியே பூட்டிக்கொள்ளும். பிறகு திறக்க வழியில்லை. “இத யாரு சித்தி பூட்டுவாங்க?”

அவளுக்கு உடனே விடை சொல்ல வரவில்லை.

‘தி லாங் டார்க்’ விளையாட்டில் ‘கஸ்டம்’ என்றொரு வாயிலும் உண்டு. அங்கே ஆட்களின் பெயர்கள் கலைந்து, உலகம் உதிரிகளாகத் தெரியும்: பொருட்கள் எவ்வளவு கிடைக்கும், கலோரி எவ்வளவு விரைவாகக் கரையும், பனிப்புயல் எத்தனை முறை வீசும், விலங்குகள் மனிதரைக் கண்டு அஞ்சுமா, பட்ட காயம் எவ்வளவு வேகத்தில் ஆறும். அவள் ஒரு மணி நேரம் எதையும் மாற்றாமல் அந்தப் பட்டியலை மட்டும் படித்தாள். இன்டர்லோப்பர் என்று அவள் மார்பில் குத்திக்கொண்ட பட்டயம், பிரித்துப் பார்த்தால், வானிலையும் இரும்பும் தீக்குச்சியும்தான். அதில் ஒரு வரிகூட அவளைப் பற்றியது இல்லை.

அப்போதுதான் அளவீடுகளின் இலக்கணம் அவளுக்குப் பிடிபட்டது. ஆங்கிலம் நான்கையும் எழுவாயின்மேல் பண்பாக ஏற்றும். அங்கே ‘நான்’ தான் குளிர்ந்தவள், களைத்தவள், பசித்தவள், தாகித்தவள். தமிழில் ‘எனக்குக் குளிர்கிறது’, ‘எனக்குக் களைப்பாக இருக்கிறது’, ‘எனக்குப் பசிக்கிறது’, ‘எனக்குத் தாகமாக இருக்கிறது’. நான்கும் நான்காம் வேற்றுமை. அறைத்தோழியின் இந்தியிலும் குளிர் ஒருவருக்கு வந்து ‘படும்’. இவ்வமைப்பு தெற்காசிய மொழிகள் பலவற்றைக் குடும்பம் கடந்து பிணைப்பது. காலின் மசிக்கா 1976-இல் வெளியிட்ட நூலில் ஆராய்ந்த கூறுகளுள் இதுவும் ஒன்று. அவளே இதை முதலாண்டு மாணவர்களுக்குப் பாடமாக நடத்தியிருக்கிறாள். ‘எனக்குக் கடினமாக இருக்கிறது’ என்பதும் அதே வரிசைதான். கடினம் ஒருவருக்கு நேர்வது. அவர் அது வந்து சேரும் இடம்.

இதைக்கொண்டு எல்லாவற்றையும் உலகின்மேல் போட்டுவிடவும் முடியாது. பசி ‘எனக்கு’. தீயை மூட்டுவது ‘நான்’. முயலுக்குக் கண்ணி வைப்பதும், புயலுக்குமுன் விறகு சேர்ப்பதும், மெல்லிய பனிக்கட்டிமேல் கால் வைப்பதும் எழுவாயின் வினைகள். இன்டர்லோப்பரில் நூறு நாள் வாழ்கிறவரின் திறமை மெய்யானது. மாற்ற முடியாத நிலையைத் தேர்ந்து அதற்குள் வாழ்வதில் ஒரு சுவையும் உண்டு. அவர் அதைத் தேர்ந்தார். தந்தையின் வலக்கை விழுந்த காலையை அவள் தேர்ந்திருக்கவில்லை. அந்த நிலை ஆட்டத்தின் நடுவே, அவளைக் கேளாமல் மாறியது. கடினம் ஏறியபோது அதை ஏற்றுக்கொண்டவள், சற்றே இறக்கிக்கொள்ளும் பொத்தானை மட்டும் பூட்டி வைத்திருந்தாள். பூட்டியது பல்கலைக்கழகமும் இல்லை, நெறியாளரும் இல்லை. பையனின் கேள்விக்கு விடை அதுதான்.

சனவரி இறுதியில் இழுப்பறையிலிருந்து படிவத்தை எடுத்தாள். ‘நீட்டிப்புக்கான காரணம்’ என்ற கட்டத்தில் இரண்டே வரிகளுக்கு இடம். முதலில், ‘தனிப்பட்ட காரணங்களால் ஆய்வை உரிய காலத்தில் முடிக்க என்னால் இயலவில்லை’ என்ற பொருளில் ஆங்கிலத்தில் எழுதினாள். எழுதியதைப் படித்தாள். அதிலிருந்த ஒரே செய்தி அவளுடைய இயலாமை.

அதை அடித்துவிட்டு ஓரத்தில் சிறிய எழுத்தில் எழுதினாள்: தந்தைக்குப் பக்கவாதம், எட்டு மாதங்கள் களப்பணி நடக்கவில்லை, தகவலாளர் ஒருவர் காலமானார், மீதமுள்ள பதிவுகளுக்கு இரு பருவங்கள் தேவை. கட்டத்துக்கு வெளியே சில சொற்கள் வழிந்தன. கீழே கையொப்பமிட்டாள்.

அலுவலகத்தில் எழுத்தர் படிவத்தைப் புரட்டி, அடித்தல் இருக்கிறது, புதிதாக நிரப்பிக் கொண்டுவாருங்கள் என்று திருப்பிக் கொடுத்தார். அவள் இன்னொரு படிவம் வாங்கிக்கொண்டு, சுவர் ஓரத்து மேசையில் நின்றபடியே மறுபடி எழுதத் தொடங்கினாள்.